கேம் ஆடும்போது ஸ்கிரீன் மக்கர் பண்ணினால், கடைக்குத் தூக்கும் முன்

ஸ்கிரீனில் ஏதாவது கோளாறு வந்தவுடன் நம்ம ஊரில் இரண்டே முடிவுதான். ஒன்று "கிராபிக்ஸ் கார்டு போச்சுண்ணே", இல்லாவிட்டால் "விண்டோஸை மறுபடி அடிச்சிருவோம்". இரண்டுமே கடைசியில் வர வேண்டியவை. கோளாறு எங்கே இருக்கிறது என்று முதலில் பாருங்கள். மானிட்டரிலா, கேபிளிலா, விண்டோஸ் செட்டிங்கிலா, கேமுக்கு உள்ளேயா, கார்டை இயக்கும் டிரைவர் என்கிற சாஃப்ட்வேரிலா, இல்லை படத்தை உருவாக்கும் கார்டிலேயேவா? இடம் தெரிந்துவிட்டால் நிறைய கோளாறுகள் பைசா செலவில்லாமல் சரியாகிவிடும். சிபியூவை டிவிஎஸ் எக்ஸ்எல் முன்னால் வைத்துக் கட்டிக்கொண்டு திருமங்கலத்திலிருந்து மதுரை டவுன் ஹால் ரோடு வரைக்கும் போகிற வேலையும் மிச்சம்.

இடம் கண்டுபிடிக்க ஒரு எளிய வழி இருக்கிறது. கோடு கோடாகவோ புள்ளி புள்ளியாகவோ தெரிகிற அந்த நேரத்திலேயே விண்டோஸ் கீயையும் பிரிண்ட் ஸ்கிரீன் கீயையும் சேர்த்து அமுக்குங்கள். பிக்சர்ஸ் ஃபோல்டருக்குள் ஸ்கிரீன்ஷாட்ஸ் என்று ஒன்று இருக்கும், படம் அங்கே போய் விழுந்திருக்கும். அதை வாட்ஸப்பில் உங்களுக்கே அனுப்பிப் போனில் திறந்து பாருங்கள். போனிலும் அதே கோடுகள் தெரிந்தால் படம் உருவாகிற இடத்திலேயே கோளாறு, அதாவது கேம், டிரைவர், கார்டு இந்த மூன்றில் ஒன்று. போனில் சுத்தமாகத் தெரிந்தால் முதல் சந்தேகம் கேபிள் மேலும் மானிட்டர் மேலும்தான். கார்டிலிருந்து படம் வெளியே போகும் இடத்தில் பழுது இருந்தாலும் ஸ்கிரீன்ஷாட் சுத்தமாகவே வரும், அதனால் இதை மட்டும் நம்பித் தீர்ப்பு எழுதிவிட வேண்டாம். கூடவே மானிட்டரின் மெனு பட்டனை அமுக்கிப் பாருங்கள். பிரைட்னஸ், கான்ட்ராஸ்ட் என்று வருகிற அந்தப் பெட்டியை மானிட்டரே வரைகிறது, கம்ப்யூட்டருக்கு அதில் பங்கில்லை. கோடு அந்தப் பெட்டியையும் வெட்டிக்கொண்டு போனால் பேனல் பழுது, கார்டை விட்டுவிடலாம். லேப்டாப்பில் இந்த மெனு கிடையாது, ஹெச்டிஎம்ஐ வயர் போட்டு வீட்டு டிவியில் காட்டிப் பாருங்கள். டிவியில் நன்றாக வந்தால் லேப்டாப் பேனல் அல்லது அதற்குப் போகும் உள் கேபிள்.

அடுத்து சிபியூவுக்குப் பின்னால் குனிந்து பாருங்கள். புதிதாகக் கார்டு போட்டவர்கள் பலரும் மானிட்டர் வயரைப் பழைய இடத்திலேயே, யூஎஸ்பி எல்லாம் இருக்கிற அந்த மேல் பகுதியிலேயே விட்டிருப்பார்கள். அது மதர்போர்டின் போர்ட். காசு கொடுத்து வாங்கிய கார்டு கீழே படுக்கை வாட்டில் இருக்கும், வயர் அதில்தான் சொருகியிருக்க வேண்டும். "கார்டு போட்டும் கேம் திக்குது" என்று வருகிற புகார்களில் இதுவும் ஒன்று. இன்டெல் பிராசஸர் பெயர் 12400எஃப் மாதிரி எஃப்பில் முடிந்தால் அதற்குள் கிராபிக்ஸே கிடையாது, மதர்போர்டு போர்ட்டில் சொருகினால் ஸ்கிரீனில் ஒன்றுமே வராது, பயந்துவிடாதீர்கள்.

லேப்டாப்பில் இதே கோளாறு வேறு வேஷத்தில் வரும். இரண்டு கிராபிக்ஸ் இருக்கும், பிராசஸருக்குள் சின்னது ஒன்று, தனியாகப் பெரியது ஒன்று. விண்டோஸ் அந்தச் சின்னதை எடுத்துக் கேமுக்குக் கொடுத்துவிடும். செட்டிங்ஸ், சிஸ்டம், டிஸ்பிளே, கிராபிக்ஸ் என்று போய் அந்தக் கேமைச் சேர்த்து, ஆப்ஷன்ஸில் ஹை பெர்ஃபார்மன்ஸ் கொடுங்கள். மைன்கிராஃப்ட் ஜாவா ஆடுகிறவர்கள் லாஞ்சரைச் சேர்த்துப் பயனில்லை, உண்மையில் ஓடுவது ஜாவாடபிள்யூ (javaw.exe) என்கிற எக்ஸி ஃபைல். அதைத் தேடிச் சேர்க்க வேண்டும்.

144 ஹெர்ட்ஸ் மானிட்டர் வாங்கியவர்களுக்கு ஒரு வார்த்தை. வாங்கி வைத்தால் மட்டும் 144 ஓடாது. அட்வான்ஸ்டு டிஸ்பிளே பக்கத்தில் ரிஃப்ரெஷ் ரேட், அதாவது ஒரு செகண்டில் ஸ்கிரீன் எத்தனை முறை படத்தைப் புதுப்பிக்கிறது என்பது, எவ்வளவு என்று பாருங்கள், பலருடையது 60லேயே நிற்கும். மாற்ற முடியவில்லை, லிஸ்ட்டிலேயே 144 இல்லை என்றால் பழைய ஹெச்டிஎம்ஐ வயரையோ நடுவில் போட்ட கன்வர்ட்டரையோ சந்தேகப்படுங்கள். டிஸ்பிளே போர்ட் வயர் இருந்தால் அதுதான் நிம்மதி.

கேமை ஆரம்பித்ததும் "அவுட் ஆஃப் ரேஞ்ச்" என்றோ "இன்புட் நாட் சப்போர்ட்டட்" என்றோ மானிட்டர் எழுதிக் காட்டினால் எதுவும் பழுதாகவில்லை. மானிட்டரால் காட்ட முடியாத ரெசல்யூஷனையோ ரிஃப்ரெஷ் ரேட்டையோ கேம் கேட்கிறது, அவ்வளவுதான். ஆல்ட்டும் என்டரும் சேர்த்து அமுக்கினால் பல கேம்கள் சின்ன ஜன்னலாக மாறிக்கொள்ளும், அப்படியே உள்ளே போய் செட்டிங்கைக் குறைத்துவிடலாம். மாறாவிட்டால் டாக்குமென்ட்ஸ் ஃபோல்டரிலோ ஆப்டேட்டாவிலோ அந்தக் கேம் பெயரில் இருக்கும் செட்டிங்ஸ் ஃபைலை வேறு இடத்துக்கு நகர்த்துங்கள். கேம் அடுத்த முறை திறக்கும்போது புதிதாக ஒன்றை எழுதிக்கொள்ளும். சேவ் ஃபைல் பக்கத்திலேயே இருக்கும், கை தவறி அதை அழித்துவிட்டுப் பிறகு அழாதீர்கள்.

சத்தம் கேட்கிறது, படம் மட்டும் கருப்பு என்றால் விண்டோஸ் கீ, கண்ட்ரோல், ஷிஃப்ட், பி (B) நான்கையும் ஒன்றாக அமுக்குங்கள். கிராபிக்ஸ் டிரைவர் மட்டும் மறுபடி எழுந்திருக்கும், திறந்து வைத்தது எதுவும் மூடாது. இரண்டாவது ஸ்கிரீன் அல்லது டிவி இணைத்திருந்தால் கேம் அங்கே போய் உட்கார்ந்திருக்கவும் வாய்ப்புண்டு. விண்டோஸ் கீ, ஷிஃப்ட், அம்புக்குறி அமுக்கி இழுத்துக்கொள்ளலாம்.

படம் நடுவில் கிழிந்த மாதிரி, மேல்பாதி ஒரு பக்கம் கீழ்பாதி ஒரு பக்கமாக நகர்ந்தால் வி-சிங்க் போடுங்கள், கேமின் படங்களை மானிட்டரின் வேகத்தோடு ஒத்துப்போக வைக்கும் செட்டிங் அது. மானிட்டரில் ஃபிரீசிங்க் அல்லது ஜி-சிங்க் இருந்தால் அது இன்னும் மேல். வி-சிங்க் போட்டால் மவுஸ் கொஞ்சம் சோம்பலாகத் தெரியும். வேலரன்ட் ஆடுகிறவர்கள் அதைப் பொறுக்க மாட்டார்கள், அவர்களுக்குக் கிழிசலே பரவாயில்லை.

பழைய கேம்கள்தான் எனக்குப் பிடித்த தலைவலி. 2011ல் ஆரம்பித்த அரசு விலையில்லா லேப்டாப்பை இன்னும் வைத்துக்கொண்டு உசிலம்பட்டி, மேலூர்ப் பக்கம் எத்தனையோ தம்பிகள் வைஸ் சிட்டி ஆடுகிறார்கள். தனிக் கார்டு அதில் கிடையாது, இருந்தாலும் 2003ல் கம்ப்யூட்டருக்கு வந்த கேமுக்கு அது போதும். அந்தக் காலத்து மானிட்டர்கள் 4:3 வடிவம், இப்போதைய ஸ்கிரீன் அகலம். அதனால் ஆட்கள் குட்டையாகக் குண்டாகத் தெரிவார்கள். இன்டெல் கிராபிக்ஸ் செட்டிங்கில் ஸ்கேலிங் என்று இருக்கும், அதில் மெயின்டெய்ன் ஆஸ்பெக்ட் ரேஷியோ வைத்தால் இரண்டு பக்கமும் கருப்புப் பட்டை விழுந்து நடுவில் சரியான அளவில் படம் வரும். என்விடியா கார்டு என்றால் கண்ட்ரோல் பேனலில் அட்ஜஸ்ட் டெஸ்க்டாப் சைஸ் அண்ட் பொசிஷன், அங்கே ஆஸ்பெக்ட் ரேஷியோ, ஸ்கேலிங்கை எது செய்ய வேண்டும் என்கிற இடத்தில் ஜிபியூ (கார்டின் சிப்) என்று வையுங்கள்.

கேம் ஸ்கிரீனில் பாதிதான் தெரிகிறது, மெனு ஓரம் வெட்டுப்பட்டு நிற்கிறது என்றால் காரணம் வேறு. விண்டோஸில் எழுத்துப் பெரிதாகத் தெரிய 125 அல்லது 150 சதவீதம் வைத்திருப்பீர்கள், பழைய கேமுக்கு அது புரியாது. கேமின் எக்ஸி மேல் ரைட் கிளிக், பிராபர்ட்டீஸ், கம்பாட்டிபிலிட்டி, சேஞ்ச் ஹை டிபிஐ செட்டிங்ஸ். கீழே ஓவர்ரைடு (Override) என்று ஆரம்பிக்கும் கட்டத்தை டிக் செய்து அப்ளிகேஷன் என்று தேர்ந்தெடுங்கள். அதே கம்பாட்டிபிலிட்டி பக்கத்தில் ஃபுல் ஸ்கிரீன் ஆப்டிமைசேஷனை நிறுத்தும் டிக்கும் இருக்கிறது, ஆல்ட் டேப் அடித்ததும் தொங்குகிற கேம்களுக்கு அது பலமுறை உதவும். டி3டிஎக்ஸ்9 என்று ஆரம்பிக்கும் ஏதோ டிஎல்எல் இல்லை என்று வந்தால், கூகுளில் அந்த ஒரு ஃபைலை மட்டும் தேடிக் கண்ட சைட்டில் இறக்காதீர்கள். வைரஸ் வருகிற ராஜபாட்டை அது. மைக்ரோசாஃப்டின் ஜூன் 2010 டைரக்ட்எக்ஸ் ரன்டைம் போட்டால் அந்தக் குடும்பம் மொத்தமும் வந்துவிடும். அதற்கும் அடங்காத ரொம்பப் பழைய கேமுக்கு டிஜிவூடூ2 என்று இலவசமாக ஒன்று இருக்கிறது, பழைய டைரக்ட்எக்ஸ் பேச்சைப் புதிய கார்டுக்குப் புரிய வைக்கும்.

இப்போது டிரைவர். டிவைஸ் மேனேஜரில் டிஸ்பிளே அடாப்டர்ஸ் திறந்தால் மைக்ரோசாஃப்ட் பேசிக் டிஸ்பிளே அடாப்டர் என்று இருக்கிறதா? அப்படியானால் டிரைவரே இல்லை. மைன்கிராஃப்ட் திறக்கும்போது "ஓபன்ஜிஎல் சப்போர்ட் இல்லை" என்று திட்டுவதற்கும் பெரும்பாலும் இதுதான் காரணம். கார்டு கம்பெனி சைட்டிலிருந்தோ லேப்டாப் கம்பெனி சைட்டிலிருந்தோ இறக்கிப் போடுங்கள். நேற்று வரை ஓடிய கேம் புது டிரைவர் போட்ட பிறகு மினுக்கினால் ரோல் பேக் டிரைவர் அமுக்கிப் பழையதற்குத் திரும்புங்கள். அதுவும் கேட்காவிட்டால் டிடியூ (டிஸ்பிளே டிரைவர் அன்இன்ஸ்டாலர்) என்கிற கருவியை சேஃப் மோடில் ஓட்டி மிச்சம் மீதி இல்லாமல் துடைத்துவிட்டுப் புதிதாகப் போடுங்கள். டிடியூவைத் திறக்கும் முன் நெட்டைக் கழற்றிவிடுங்கள், இல்லாவிட்டால் விண்டோஸ் அப்டேட் நடுவில் புகுந்து தன் இஷ்டத்துக்கு ஒரு டிரைவரைப் போட்டுவிடும்.

"டிஸ்பிளே டிரைவர் பதில் தரவில்லை, மீண்டுவிட்டது" என்ற அர்த்தத்தில் செய்தி வந்து கேம் மூடிக்கொண்டால், கார்டு 2 செகண்டுக்கு மேல் பதில் சொல்லாமல் நின்றிருக்கிறது, விண்டோஸ் அதை உலுக்கி எழுப்பியிருக்கிறது என்று பொருள். கார்டின் வேகத்தை ஏற்றி ஓவர்கிளாக் செய்திருந்தால் முதலில் அதை எடுங்கள். அப்புறம் சூட்டைப் பாருங்கள்.

மதுரையில் கத்திரி நேரத்தில் 40 டிகிரி தாண்டுவது சாதாரணம். மொட்டை மாடியில் தகர ஷீட் போட்ட ரூமில் உட்கார்ந்து மத்தியானம் இரண்டு மணிக்கு கேம் ஆடினால் கார்டு பாவம் என்ன செய்யும்? ரூமில் ஏறுகிற ஒவ்வொரு டிகிரியும் ஏறக்குறைய அப்படியே கார்டிலும் ஏறும். டாஸ்க் மேனேஜரில் பெர்ஃபார்மன்ஸ் பக்கம் போனால் தனிக் கார்டின் சூடு ஜிபியூ பெயருக்குக் கீழே தெரியும். கேம் ஓடும்போது 70, 80 எல்லாம் பயப்பட வேண்டியதில்லை. 85ஐத் தாண்டி ஏறிக்கொண்டே போய், அதோடு கலர் கலராகச் சதுரமும் முக்கோணமும் ஸ்கிரீனில் தெறித்தால் நிறுத்திவிடுங்கள். உடனே செய்யக்கூடியது எஃப்பிஎஸ்ஸை, அதாவது ஒரு செகண்டுக்குக் கார்டு வரையும் படங்களின் எண்ணிக்கையை, 60க்குக் கட்டுவது, கார்டு கம்பெனியின் செட்டிங்கிலேயே அதற்கு இடம் உண்டு. 60 ஹெர்ட்ஸ் மானிட்டர் வைத்துக்கொண்டு 150 எஃப்பிஎஸ் ஓட்டிக் கார்டை வேக வைப்பதில் எனக்கு உடன்பாடில்லை.

பிறகு தூசி. பிளக்கை எடுங்கள், பவர் பட்டனை ஒரு முறை அமுக்கி உள்ளே மிச்சமிருக்கும் கரண்டை இறக்குங்கள், பக்கத் தகட்டைத் திறங்கள். கார்டைப் பிடித்திருக்கும் ஸ்க்ரூவைக் கழற்றி, பவர் வயரையும் உருவிவிட்டு, ஸ்லாட்டின் ஓரத்தில் இருக்கும் சின்னக் கொக்கியை அமுக்கிக்கொண்டே மெதுவாகத் தூக்கினால் கார்டு வரும். கொக்கியை மறந்து இழுத்தால் ஸ்லாட் பிய்ந்துவிடும். தங்க நிறத்தில் வரிசையாகப் பல் மாதிரி இருப்பதைப் பள்ளிக்கூட வெள்ளை ரப்பரால் இரண்டு பக்கமும் லேசாகத் தேய்த்து, ரப்பர் துகளை பிரஷ்ஷால் தட்டிவிடுங்கள். ரேமுக்கும் இதே வைத்தியம்தான், கடைக்காரர் முதலில் செய்வதும் இதுவே. ஃபேனை விரலால் பிடித்துக்கொண்டு ஊதுங்கள், பம்பரமாகச் சுற்றவிடாதீர்கள். சிலர் சிபியூவை பங்சர் கடைக்கு எடுத்துப்போய்க் காற்றடிக்கிறார்கள், வேண்டாம். அந்த கம்ப்ரஸர் காற்றில் ஈரமும் எண்ணெயும் கலந்து வரும். திரும்ப மாட்டும்போது கொக்கி டக்கென்று விழுகிற சத்தம் கேட்க வேண்டும், பவர் வயரும் முழுதாக உள்ளே போயிருக்க வேண்டும்.

ஸ்கிரீன் மட்டுமில்லாமல் மொத்த மெஷினும் பொத்தென்று அணைந்து மறுபடி ஆன் ஆனால் கவனம் எஸ்எம்பிஎஸ் பக்கம், அதாவது உள்ளே கரண்ட் கொடுக்கும் பெட்டி பக்கம் போகட்டும். கேபினட்டோடு சும்மா வந்த எஸ்எம்பிஎஸ் மேல் 450 என்று ஸ்டிக்கர் ஒட்டியிருந்தாலும் அத்தனை வாட்ஸ் தரும் என்று நம்பாதீர்கள். பழைய ஹார்ட் டிஸ்க் வயரிலிருந்து கன்வர்ட்டர் போட்டுக் கார்டுக்குக் கரண்ட் கொடுத்திருந்தால் முதலில் அதை மாற்றுங்கள், உருகிப்போன கன்வர்ட்டர்கள் உண்டு. யூபிஎஸ்ஸும் கணக்குப் பார்க்க வேண்டியது. வீடுகளில் இருக்கும் 600 விஏ யூபிஎஸ் பெரும்பாலும் 360 வாட்ஸ்தான் தாங்கும், சாயங்காலம் வோல்டேஜ் இறங்கி அது பேட்டரிக்குத் தாவும் நேரத்தில் பெரிய கேம் ஓடிக்கொண்டிருந்தால் ஓவர்லோடு என்று கத்திவிட்டுக் கையை விரித்துவிடும். மானிட்டரும் சிபியூவும் போக வைஃபை ரவுட்டர், ஸ்பீக்கர் என்று அதிலேயே சொருகி வைத்திருந்தால் அவற்றை வேறு பிளக்குக்கு மாற்றுங்கள்.

டிவியை மானிட்டராக வைத்திருப்பவர்களுக்கு ஓரம் வெட்டுப்பட்டால் டிவி ரிமோட்டில் படத்தின் அளவை ஜஸ்ட் ஸ்கேன் அல்லது ஸ்கிரீன் ஃபிட் என்று மாற்றுங்கள். கருப்பு எல்லாம் சாம்பலாக வெளுத்துத் தெரிந்தால் கார்டு செட்டிங்கில் அவுட்புட் டைனமிக் ரேஞ்சை ஃபுல் ஆக்குங்கள். கை அமுக்கியதற்குப் பிறகு தாமதமாக ஆள் நகர்ந்தால் டிவியில் கேம் மோட் போடுங்கள்.

இத்தனையும் பார்த்து, வேறு கேபிள் வேறு மானிட்டரும் போட்டு, அப்போதும் விண்டோஸ் வருவதற்கு முன்னால் கம்பெனி லோகோ தெரியும் இடத்திலேயே கோடுகள் இருந்தால் கார்டுதான். வாரண்டி இருந்தால் ஸ்க்ரூ மேல் இருக்கும் ஸ்டிக்கரைக் கிழிக்காமல், சீரியல் நம்பரைப் போட்டோ எடுத்துக்கொண்டு, பில்லோடு போங்கள். கடையில் அவர்கள் மெஷினில் உங்கள் கார்டை உங்கள் கண் முன்னால் போட்டு ஓட்டிக் காட்டச் சொல்லுங்கள், "விட்டுட்டுப் போங்க, நாளைக்குப் பார்க்கிறோம்" என்றால் கார்டை மட்டும் கொடுத்து ரசீது வாங்கிக்கொண்டு ஹார்ட் டிஸ்க்கோடு சிபியூவை வீட்டிலேயே வைத்திருங்கள்.