ஒலியால் இயங்கும் கற்பனை உலகுக்கு விதி எழுதுவது எப்படி

நான் எழுதிவரும் மிகுபுனைவு நாவலின் முதல் வடிவத்தில், நாயகி ஒரே ஒரு முறை குரல் எழுப்புவாள். கோட்டையின் வெண்கலக் கதவு தூள்தூளாகிவிடும். படித்துப் பார்த்த தோழி கேட்டாள்: "அப்போ இவ எதுக்கு இருபது அத்தியாயம் சிறையில கிடந்தா?" அதற்கு என்னிடம் பதில் இல்லை. அந்தக் கேள்விக்காகத்தான் ஒலியியல் படிக்க உட்கார்ந்தேன். படித்த பிறகு புரிந்தது இது: உங்கள் உலகில் எது ஒலியை எழுப்புகிறது என்று யோசிக்கும் முன்னால், எது ஒலியை விழுங்குகிறது என்று முடிவு செய்யுங்கள். கதை அங்கேதான் இருக்கிறது.

ஒரு வரி எழுதுவதற்கு முன்னால், காம்பு வைத்த மெல்லிய கண்ணாடிக் கோப்பை ஒன்றை எடுங்கள். விரலை நனைத்து, விளிம்பின் மேல் மெதுவாகச் சுற்றுங்கள். முதல் சில சுற்றுக்கு வெறும் கீச்சொலிதான் வரும். விடாமல் சுற்றினால் எங்கிருந்தோ ஒரு நாதம் கிளம்பி, விரல் நுனியே நடுங்கும். இப்போது பாதி அளவு தண்ணீர் ஊற்றிச் சுற்றுங்கள், சுருதி இறங்கும். கடைசியாக, கோப்பை பாடிக்கொண்டிருக்கும்போதே இன்னொரு விரலால் விளிம்பைத் தொடுங்கள். நாதம் சட்டென்று செத்துப்போகும். இந்த மூன்றையும் கையால் உணர்ந்துவிட்டால் பாதிக் கோட்பாடு கிடைத்த மாதிரிதான்.

ஒவ்வொரு பொருளுக்கும் இயல்பு அதிர்வெண் உண்டு, ஒன்றுக்கு மேலும் இருக்கலாம்: தட்டிவிட்டால் அது தானாக நொடிக்கு எத்தனை முறை அதிர்கிறது என்பதுதான் அது. என் உலகத்து மக்கள் அதைத் 'தன்சுருதி' என்கிறார்கள். ஊஞ்சலைச் சரியான நேரம் பார்த்துத் தள்ளினால் சின்னத் தள்ளலும் சேர்ந்துகொண்டே போகிறதல்லவா, ஒத்ததிர்வும், அதாவது தன்சுருதிக்கு ஒத்த ஒலி ஒரு பொருளை அதிரவைப்பதும், அப்படித்தான். ஆனால் ஒவ்வொரு ஆட்டத்திலும் கொஞ்சம் ஆற்றல் வெப்பமாகவும் வெளியே பரவும் ஒலியாகவும் போய்விடும். தள்ளுவதும் இழப்பதும் சமமாகும் இடத்தில் வீச்சு, அதாவது ஆட்டத்தின் அகலம், வளர்வது நின்றுவிடும்.

இங்கேதான் நிதானமாக யோசிக்க வேண்டும். இழப்பு குறைவான பொருள், மணியைப் போல, பெரிதாக அதிரும். ஆனால் சுருதி இம்மி பிசகினாலும் அசையாது. வீச்சு ஏறவும் நேரம் பிடிக்கும். இழப்பு அதிகமான பொருள், ஈர மரத்தைப் போல, கிட்டத்தட்ட எந்தச் சுருதிக்கும் லேசாக அசையும், எதற்கும் உடையாது. ஆக, என் நாயகியால் வெண்கலக் கதவை உடைக்க முடியும் என்று வைத்துக்கொண்டாலும், நனைந்த பலகைக் கதவிடம் அவள் தோற்றுத்தான் போவாள். ஏழையின் குடிசை தப்பிக்கும், அரசனின் கோட்டை நொறுங்கும். இதை நான் திட்டமிட்டு வைக்கவில்லை, விதியே கொண்டுவந்து கொடுத்தது. அப்புறம் அரண்மனைகளில் கம்பளியும் வைக்கோலும் கலந்த மண்சுவர்கள் வந்தன. கதவுகளுக்கு ஈரத்தோல் போர்த்தும் வேலைக்கென்றே ஒரு சாதியார் வந்தார்கள்.

ஒலி கடந்து போகும் ஊடகத்தை மறக்காதீர்கள். 20 டிகிரி செல்சியஸ் காற்றில் ஒலி நொடிக்கு சுமார் 343 மீட்டர் போகும். தண்ணீரில் ஏறத்தாழ 1,480 மீட்டர், எஃகில் 5,000 மீட்டருக்கும் மேல். காற்றின் வெப்பம் ஒரு டிகிரி ஏறினால் வேகம் நொடிக்குச் சுமார் 0.6 மீட்டர் கூடும். அதனால் குளிரில் புல்லாங்குழலின் சுருதி இறங்கிவிடும். கோடையில் சுருதி சேர்த்த குழலை எடுத்துக்கொண்டு பனிமலைக்குப் போர் செய்யப் போகும் படையை நினைத்துப் பாருங்கள்! அலைநீளமும் முக்கியம். 20 ஹெர்ட்ஸ் (நொடிக்கு 20 அதிர்வு) ஒலியின் அலைநீளம் காற்றில் 17 மீட்டர், அது சுவரைச் சுற்றி வளைந்து வந்துவிடும். 20,000 ஹெர்ட்ஸுக்கு 2 சென்டிமீட்டர்கூட இல்லை. ஒரு தூணுக்குப் பின்னால் நின்றாலே அதன் நிழலில் ஒளிந்துகொள்ளலாம்.

இதையெல்லாம் உங்கள் உலகத்து மக்கள் எப்படிக் கண்டுபிடித்தார்கள் என்பதையும் எழுதுங்கள். அதற்குப் பெரிய கருவி எதுவும் வேண்டாம். உலோகத் தகட்டில் மணலைத் தூவி, விளிம்பில் வில்லை இழுத்தால், அதிராத கோடுகளில் மணல் போய் ஒதுங்கி வடிவம் காட்டும். ஜெர்மன் இயற்பியலாளர் கிளாட்னி 1787-இல் இந்த வடிவங்களை நூலாக வெளியிட்டார். கல்லை நோக்கிப் பாடும் என் கல்பாடிகள் அதே மணலில்தான் பாறையின் தன்சுருதியைப் படிக்கிறார்கள்.

ஒரு தவறான கொள்கையையும் உலவ விடுங்கள், அறிவியல் அப்போதுதான் உயிரோடு இருக்கும். 1831-இல் இங்கிலாந்தின் பிராட்டன் தொங்குபாலம் படைவீரர்கள் கால் ஒத்து நடந்தபோது இடிந்தது, அது ஒத்ததிர்வு. 1940-இல் அமெரிக்காவின் டகோமா பாலம் விழுந்ததையும் அதே கணக்கில் சேர்த்துச் சொல்கிறார்கள். அது தவறு, அங்கே காற்று தாளம் போட்டுத் தள்ளவில்லை. பாலத்தின் முறுக்கலே காற்றிலிருந்து ஆற்றலை உறிஞ்சி, தன்னை மேலும் மேலும் முறுக்கிக்கொண்டது. என் நாவலில் இரண்டு குருகுலங்கள் இதைப் போன்ற ஓர் இடிபாட்டைப் பற்றி மூன்று தலைமுறையாகச் சண்டை போடுகின்றன.

சரி, தோழியின் கேள்விக்கு வருகிறேன். இப்போது அந்தச் சிறை இருபது அத்தியாயத்துக்கும் பொருந்துகிறது. நாயகி தினமும் இரவில் கதவை விரல் மடக்கித் தட்டி, காதை ஒட்டிவைத்துக் கேட்கிறாள். காவலன் விடிந்ததும் ஈரத்தோலைப் போர்த்திவிட்டுப் போகிறான். மழை பொய்த்த ஆண்டில் தோலை நனைக்கத் தண்ணீர் இல்லை. தோல் காய்ந்து, சுருங்கி, கதவை விட்டு விலகுகிறது. அன்றைக்கும் அவள் கத்தவில்லை. ஒரே சுருதியை, மூச்சு விட்டு மூச்சு வாங்கி, மெல்லப் பிடித்துக்கொண்டே இருக்கிறாள்.