பெண் நாவலாசிரியர்களைப் பற்றி எழுதும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

ராஜம் கிருஷ்ணனும் ஹெப்சிபா ஜேசுதாசனும் 1925இல் பிறந்தவர்கள். நூற்றாண்டு மலர், கல்லூரிக் கருத்தரங்கம், இணையக் கலைக்களஞ்சியம் என்று இவர்களைப் பற்றியும் இவர்களுக்கு முன்னும் பின்னும் எழுதிய பெண்களைப் பற்றியும் எழுதும் தேவை பலருக்கு வருகிறது. எழுதுகிறவர்கள் நல்ல மனதோடுதான் எழுதுகிறார்கள். ஆனால் ஒரு கட்டுரையில் விழுந்த பிழை அடுத்தடுத்த கட்டுரைகளுக்கு மூலமாகிவிடுகிறது. ஆண் எழுத்தாளர்களுக்கும் இது நேர்வதுதான். அவர்களில் பலருக்குத் திருத்திச் சொல்லச் சீடர்கள் இருந்தார்கள், நண்பர்கள் இருந்தார்கள், ஒரு சிற்றிதழாவது இருந்தது. பெண்களுக்கு அந்தத் துணை குறைவு. அதனால் அவர்களைப் பற்றிய பிழை நெடுநாள் நிற்கிறது.

"முதல் பெண் நாவலாசிரியர்"

அதிகமாக நேரும் தவறு இதுதான். வை.மு. கோதைநாயகி அம்மாளைத் (1901–1960) தமிழின் முதல் பெண் நாவலாசிரியர் என்று எழுதிவிடுகிறார்கள். அவருடைய முதல் நூலான 'இந்திர மோகனா' 1924இல் வந்தது, அது நாடகம். அதற்குப் பத்தாண்டுகளுக்கு முன்பே, 1914இல், யாழ்ப்பாணத்து மங்களநாயகம் தம்பையா 'நொறுங்குண்ட இருதயம்' நாவலை வெளியிட்டுவிட்டார். தமிழ்நாட்டிலும் பண்டிதை விசாலாட்சி அம்மாள் இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்திலேயே நாவல் எழுதினார், 'ஹிதகாரிணி' என்ற இதழையும் நடத்தினார். கிருபாபாய் சத்தியநாதன் (1862–1894) இவர்கள் எல்லோருக்கும் முந்தியவர். ஆனால் அவர் அகமது நகரில் மராத்திக் குடும்பத்தில் பிறந்து, சென்னையில் வாழ்ந்து, ஆங்கிலத்தில் எழுதியவர். அவரைத் 'தமிழ் நாவலாசிரியர்' பட்டியலில் சேர்ப்பது வேறொரு பிழை.

'முதல்' என்று எழுத நேர்ந்தால் எந்த மொழி, எந்த நிலம், தொடரா நூலா, கிடைத்தவற்றில் முதலா என்ற நான்கையும் சேர்த்துச் சொல்லுங்கள். இந்த நான்கில் ஒன்றுக்கு விடை இல்லையென்றாலும் 'முன்னோடிகளில் ஒருவர்' என்பதோடு நிறுத்திக்கொள்ளலாம். கோதைநாயகி அம்மாளின் பெருமைக்கு முதலிடம் தேவையே இல்லை. நின்றுபோயிருந்த 'ஜகன்மோகினி' இதழை 1925இல் வாங்கி, முப்பது ஆண்டுகளுக்கு மேல் தாமே ஆசிரியராக இருந்து நடத்திய பெண் அவர். பத்திரிகை முதலாளி, ஆசிரியர், நாவலாசிரியர் என்ற மூன்று வேலையையும் ஒரே ஆள் செய்ததைச் சொன்னாலே போதும்.

அவர் எழுதிய நாவல்கள் 115 என்ற எண்ணும் அப்படித்தான் கட்டுரை விட்டுக் கட்டுரை போகிறது. எண்ணை எழுதுவதைவிட, நீங்கள் கண்ணால் பார்த்த தலைப்புகளை ஆண்டோடு பட்டியலிடுவது மேல். பட்டியலில் இருபதே இருந்தாலும் அடுத்து வருகிறவர் அதன்மேல் கட்டலாம். வெறும் எண்ணின்மேல் எதையும் கட்ட முடியாது.

ஆண்டுக் குழப்பம்

ஒரு நாவலுக்கு ஆண்டு ஒன்றல்ல. வார, மாத இதழில் தொடராக வந்த ஆண்டு, முதல் நூற்பதிப்பு, மறுபதிப்பு, விருது பெற்ற ஆண்டு, மொழிபெயர்ப்பு வந்த ஆண்டு என்று ஐந்து வரை இருக்கலாம். ராஜம் கிருஷ்ணனுக்கு 'வேருக்கு நீர்' நாவலுக்காகச் சாகித்திய அகாதமி விருது கிடைத்தது 1973இல். லக்ஷ்மிக்கு 'ஒரு காவிரியைப் போல' நாவலுக்காக 1984இல். இந்த விருது ஆண்டுகளையே நாவல் வெளியான ஆண்டாக எழுதுவது சாதாரணமாக நடக்கிறது. பாமாவின் 'கருக்கு' 1992இல் வந்தது. ஆங்கில மொழிபெயர்ப்பு வந்த 2000ஐ வைத்துக்கொண்டு அவரை அடுத்த தலைமுறைக்குத் தள்ளிவிடுகிறார்கள்.

பெரும் பொறி பதிப்புரிமைப் பக்கத்தில் இருக்கிறது. புதிய பதிப்பகம் ஒன்று பழைய நாவலை வெளியிடும்போது 'முதற் பதிப்பு: 2009' என்று அச்சிடும். அது அந்தப் பதிப்பகத்தின் முதற் பதிப்பு. சில பதிப்பகங்கள் 'எமது முதற் பதிப்பு' என்று நேர்மையாகப் போடும், பல போடுவதில்லை. அந்த வரியை நம்பினால் 1964இல் வந்த ஹெப்சிபாவின் 'புத்தம் வீடு' நாற்பத்தைந்து ஆண்டு இளையதாகிவிடும். முன்னுரையின் அடியில் உள்ள தேதியைப் பாருங்கள். பழைய முன்னுரையையும் சேர்த்து அச்சிட்டிருந்தால் அதன் தேதி முதற் பதிப்பை ஒட்டியிருக்கும். நூலகத்தில் பழைய படி கிடைத்தால் சேர்க்கை முத்திரையின் தேதியையும் குறித்துக்கொள்ளுங்கள். நூல் அதற்குப் பிந்தி வந்திருக்க முடியாது.

பழைய நூல்களிலும் இதழ்களிலும் தமிழ் ஆண்டுப் பெயர் மட்டும் இருக்கும். தாது வருஷம் என்றால் பஞ்சம் வந்த 1876–77 நினைவுக்கு வரும். அறுபது கூட்டினால் அடுத்த தாது 1936–37. ஆண்டு சித்திரையில், ஏப்ரல் நடுவில் தொடங்குகிறது. ஆகவே தாது ஆவணி என்றால் 1936, தாது மாசி என்றால் 1937. தை, மாசி, பங்குனி மூன்றும் அடுத்த ஆங்கில ஆண்டைச் சேரும். மார்கழி இரண்டு ஆண்டுக்கும் நடுவில் நிற்கும், அதில் நாள் தெரிந்தால்தான் முடிவு சொல்லலாம். தொடர்கதைகளுக்கு ஓராண்டுப் பிழை நேர்வது பெரும்பாலும் இந்த மூன்று மாதங்களில்தான்.

விடுதலைக்கு முந்திய நூலென்றால் இன்னும் உறுதியான சான்று உண்டு. 1867ஆம் ஆண்டு அச்சகம் மற்றும் நூல் பதிவுச் சட்டப்படி, சென்னை மாகாணத்தில் அச்சான நூல்களை அரசு காலாண்டுப் பட்டியலாக வெளியிட்டது. தலைப்பு, ஆசிரியர், அச்சகம், பக்கம், எத்தனையாவது பதிப்பு, எத்தனை படிகள், விலை எல்லாம் அதில் இருக்கும். ஒரு பெண்ணின் நாவல் எத்தனை படி அச்சானது என்று தெரிந்தால் 'பெரும் வரவேற்பைப் பெற்றது' என்ற வெற்று வரியை எழுத வேண்டியிராது.

பெயர்

டாக்டர் திரிபுரசுந்தரி 'லக்ஷ்மி' என்ற பெயரில் எழுதினார். சி.எஸ். லக்ஷ்மி 'அம்பை' என்ற பெயரில் எழுதுகிறார். இருவரும் சாகித்திய அகாதமி விருது பெற்றவர்கள் வேறு. தேடுபொறி இரண்டையும் கலந்து தரும், அவசரத்தில் எழுதுகிறவரும் கலந்துவிடுவார். லக்ஷ்மி (1921–1987) மருத்துவர், தென்னாப்பிரிக்காவில் பல ஆண்டுகள் வாழ்ந்தவர், குடும்பக் கதைகளால் பெரும் வாசகர் கூட்டத்தைப் பெற்றவர். அம்பை 1944இல் பிறந்தவர், ஆய்வாளர், முதன்மையாகச் சிறுகதை ஆசிரியர். சுஜாதா, புஷ்பா தங்கதுரை ஆகிய பெயர்களில் எழுதியவர்கள் ஆண்கள். பெயரை மட்டும் பார்த்துப் பட்டியல் போட்டால் அவர்களும் உள்ளே வந்துவிடுவார்கள்.

பெயர் எந்தக் குடும்பத்தினுடையது என்றும் பாருங்கள். கோதைநாயகி அம்மாளின் 'வை.மு.' கணவர் பார்த்தசாரதி வீட்டின் முன்னெழுத்து. ஆர். சூடாமணியின் 'ஆர்.' தந்தை ராகவனுடையது. ஆங்கிலத்தில் சூடாமணி ராகவன் என்றே எழுதினார். அட்டவணையில் தேடும்போது முன்னெழுத்தோடு, முன்னெழுத்து இல்லாமல், இயற்பெயரில், 'அம்மாள்' சேர்த்து என நான்கு விதமாகவும் தேடுங்கள். லக்ஷ்மி, லட்சுமி, இலக்குமி மூன்றையும் போடுங்கள்.

தலைப்பையும் முழுதாகக் கொடுங்கள். மூவலூர் இராமாமிர்தம் அம்மையாரின் 1936ஆம் ஆண்டு நாவல் 'தாசிகள் மோசவலை அல்லது மதிபெற்ற மைனர்'. பின்பாதியை வெட்டிவிட்டால் பழைய அட்டவணைகளில் தேடுகிறவர் தடுமாறுவார். அரசு தன் திருமண உதவித் திட்டத்துக்கு முன்பு வைத்திருந்த பெயராகவே அவரை அறிந்தவர்கள் ஏராளம். அவர் ஒரு நாவலாசிரியர் என்பதைக் கட்டுரையின் முதல் வரியிலேயே சொல்ல வேண்டும்.

நாவலை வாழ்க்கைச் சான்றாக வைப்பது

ஆண் எழுதினால் கற்பனை, பெண் எழுதினால் சொந்தக் கதை என்ற எண்ணம் நம்மிடம் ஊறிக் கிடக்கிறது. சல்மாவின் 'இரண்டாம் ஜாமங்களின் கதை'யில் (2004) வரும் சிறுமி ராபியாவைச் சல்மாவாகவே வைத்து வாழ்க்கைக் குறிப்பு எழுதிவிடுகிறார்கள். ஒரு வீட்டுக்குள்ளும் ஒரு தெருவுக்குள்ளும் வாழும் இத்தனை பெண்களின் மனங்களுக்குள் மாறி மாறிப் போய்வரும் கட்டுமானம் அப்போது கண்ணுக்குத் தெரியாமல் போகிறது. அதை உருவாக்கியதுதான் நாவலாசிரியரின் உழைப்பு.

மறுபுறம், 'கருக்கு' தன்வரலாறு. அதை வெறும் நாவல் என்று எழுதுவதும் பிழையே. பாமாவின் இன்னொரு நூலான 'சங்கதி' பல பெண்களின் குரல்களால் ஆனது. ப. சிவகாமியின் செயல் இதில் நல்ல பாடம்: 1989இல் 'பழையன கழிதலும்' நாவலை எழுதியவர், 1997இல் 'ஆசிரியர் குறிப்பு' எழுதித் தம் நாவலையே விசாரணைக்கு உட்படுத்தினார். எதை அனுபவத்திலிருந்து எடுத்தோம், எதை மாற்றினோம் என்று ஆசிரியரே பேசும்போது நாம் ஊகிக்கத் தேவையில்லை.

இன்னொரு சிக்கல், ஒரு பெண்ணின் வாழ்வை இன்னொரு பெண் நாவலாக்கும்போது வருகிறது. ராஜம் கிருஷ்ணனின் 'பாதையில் பதிந்த அடிகள்' (1991) தஞ்சைப் பகுதி விவசாயத் தொழிலாளர்களைத் திரட்டிய மணலூர் மணியம்மையின் கதை. அந்த நாவலின் உரையாடல்களை மணியம்மை சொன்ன சொற்களாக மேற்கோள் காட்டக் கூடாது. 'நாவலில் வருவது' என்று ஒரு சொல் சேர்த்தால் தீர்ந்தது.

உழைப்பைச் சொல்லாமல் உருக்கத்தைச் சொல்வது

ராஜம் கிருஷ்ணனைப் பற்றிய பல கட்டுரைகள் அவருடைய கடைசி ஆண்டுகளிலேயே தங்கிவிடுகின்றன: கணவரின் மறைவு, முதியோர் இல்லம், நோய், 2014இல் மரணம். அது உண்மை, அதைச் சொல்லத்தான் வேண்டும். ஆனால் அதற்கு அரைப் பக்கம் போதும். மீதிப் பக்கங்கள் அவர் வேலை செய்த முறைக்கு உரியவை.

பதினைந்து வயதில் திருமணம். பொறியாளரான கணவரின் பணியோடு ஊர் ஊராக இடமாற்றம். அவர் போய்ச் சேர்ந்த இடங்களும் தேடிப்போன இடங்களும் நாவல்களாயின. நீலகிரிப் படகர் வாழ்வு 'குறிஞ்சித் தேன்' (1963). கோவா விடுதலை 'வளைக்கரம்'. கடலோர மீனவர் 'அலைவாய்க் கரையில்'. தூத்துக்குடி உப்பளத் தொழிலாளர் 'கரிப்பு மணிகள்' (1979). தஞ்சை வயல்கள் 'சேற்றில் மனிதர்கள்'. சிவகாசிக் குழந்தைத் தொழிலாளர் 'கூட்டுக் குஞ்சுகள்'. 'முள்ளும் மலர்ந்தது' நாவலுக்காகச் சம்பல் பள்ளத்தாக்குக் கொள்ளையர்களைச் சந்திக்கப் போனவர் அவர். களத்துக்குப் போய், தங்கி, விசாரித்து, அந்த மக்களின் பேச்சோடு திரும்பி வந்து எழுதும் முறை அது. 'சமூக அக்கறை கொண்ட எழுத்தாளர்' என்று ஒரு வரியில் முடித்தால் இந்த உழைப்பு அத்தனையும் ஒரு நற்குணமாகச் சுருங்கிவிடும். ஒரு நாவலை எடுத்துக்கொள்ளுங்கள். உப்பளத்தில் எந்த வேலை யாருடையது, கூலி எப்படிக் கணக்காகிறது, கண்ணுக்கும் காலுக்கும் என்ன ஆகிறது என்று அவர் பதிந்த விவரங்களைப் பக்க எண்ணோடு குறித்துக் காட்டுங்கள். வாசகருக்கு அவர் யார் என்பது அப்போது தெரியும்.

'கணவரின் ஊக்கத்தால் எழுதினார்' என்ற வரியையும் இப்படியே சோதித்துப் பாருங்கள். ஊக்கம் என்றால் என்ன செய்தார்? அச்சகத்துக்கு அலைந்தாரா, கணக்குப் பார்த்தாரா, படி எடுத்தாரா? தெரிந்தால் செயலாக எழுதுங்கள், தெரியாவிட்டால் விட்டுவிடுங்கள். 'இந்திர மோகனா'வைக் கோதைநாயகி சொல்லச் சொல்ல எழுதிக்கொடுத்தவர் தோழி பட்டம்மாள். அந்தத் தோழியின் பெயர் விடுபட்டு, 'ஊக்கம்' மட்டும் நின்றுவிடும் கட்டுரைகள் உண்டு.

எங்கே தேடுவது

சென்னை தரமணியில் உள்ள ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகத்தில் தொடங்குங்கள். கோட்டையூர் ரோஜா முத்தையா செட்டியாரின் சேகரத்திலிருந்து வளர்ந்தது, பழைய இதழ்களுக்கு முதல் இடம். கன்னிமாரா நூலகத்துக்கு, 1954ஆம் ஆண்டுச் சட்டப்படி, நாட்டில் வெளியாகும் நூல்களின் படிகள் வந்து சேர வேண்டும். இலங்கை எழுத்துக்கு 'நூலகம்' என்ற இணையத்தளம். தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்நூலகத்தில் பழைய நூல்கள் பலவற்றைப் படியெடுத்து வைத்திருக்கிறார்கள். அம்பை மும்பையில் நிறுவிய ஸ்பாரோ ஆவணக்காப்பகம் பெண்களின் குரல்பதிவு, நேர்காணல், படங்களுக்கென்றே இருப்பது.

குடும்பத்தாரிடம் போனால் நினைவுகளைக் கேட்பதற்கு முன் காகிதங்களைக் கேளுங்கள்: பள்ளிச் சான்றிதழ், இதழாசிரியர்களின் கடிதங்கள், உரிமைத்தொகைக் கணக்கு, தொடர்கதையைக் கிழித்துத் தைத்து வைத்த கட்டு. அந்தக் காலத்து வீடுகளில் அந்தக் கட்டு பெரும்பாலும் இருந்தது, பரணைச் சுத்தம் செய்யும்போது முதலில் போவதும் அதுதான். அங்கேயே படம் எடுத்துக்கொள்ளுங்கள், அட்டையும் தேதியும் தெரியும்படி.

நாவலை இணையத்தில் ஏற்றுமுன்

பழைய நூலென்றால் உரிமை முடிந்திருக்கும் என்று நினைப்பது தவறு. இந்தியச் சட்டப்படி, ஆசிரியர் மறைந்த ஆண்டுக்கு அடுத்த ஜனவரி 1இலிருந்து 60 ஆண்டுகள் உரிமை நீடிக்கும். நூல் வெளியான ஆண்டு கணக்கில் வராது. 1960இல் மறைந்த கோதைநாயகி அம்மாளின் நாவல்கள் 2021 முதலும், 1962இல் மறைந்த மூவலூர் அம்மையாரின் நாவல் 2023 முதலும் பொதுவுடைமை. ராஜம் கிருஷ்ணனின் நூல்களைத் தமிழக அரசு 2009இல், அவர் உயிரோடு இருக்கும்போதே, நாட்டுடைமையாக்கியது. 'புத்தம் வீடு' ஹெப்சிபா மறைந்த 2012ஐ வைத்து 2072 முடிய உரிமைக்கு உட்பட்டது. மொழிபெயர்ப்பாளரின் உரிமை தனி: மூலம் பொதுவுடைமையானாலும் மொழிபெயர்ப்பு அப்படியே ஆகிவிடாது, அதற்கு மொழிபெயர்த்தவர் மறைந்த ஆண்டிலிருந்து தனியாகக் கணக்கிட வேண்டும்.