தலைகாட்டிவிட்டுப் போகும் நடிகர் எதிலெல்லாம் நடித்தார்? பட்டியல் போடும் வழி

டாக்டராக வந்து, கண்ணாடியைக் கழற்றி, "இனி எங்கள் கையில் எதுவும் இல்லை" என்று சொல்லிவிட்டுப் போவார் ஒருவர். அடுத்த வாரம் வேறொரு தொடரில் நீதிபதியாக உட்கார்ந்திருப்பார். இவரை எங்கேயோ பார்த்திருக்கிறோமே என்று தோன்றிய உடனே படத்தை நிறுத்தி ஒரு ஸ்கிரீன்ஷாட் எடுத்து, எத்தனையாவது நிமிடம் என்றும் குறித்துக்கொள்ளுங்கள். அப்புறம் பார்த்துக்கொள்ளலாம் என்று விட்டால், இருபது விநாடி வந்த முகத்துக்காக முழுப் படத்தையும் திரும்ப ஓட்ட வேண்டியிருக்கும்.

டைட்டிலில் பெயர் இருந்தால் பாதி வேலை முடிந்தது. பழைய ஹாலிவுட் படங்களில் அதுதான் சிக்கல், முக்கியமானவர்களின் பெயரை மட்டும் போட்டுவிட்டு மற்றவர்களை விட்டுவிடுவார்கள். பெஸ் ஃப்ளவர்ஸ் என்று ஒரு நடிகை, விருந்துக் காட்சி என்றால் நல்ல கவுன் போட்டுக்கொண்டு பின்னால் நிற்பார். பல நூறு படங்களில் வந்தும் பெரும்பாலானவற்றில் அவர் பெயர் கிடையாது. அந்தக் காலத்து அமெரிக்கப் படம் என்றால் அமெரிக்கன் ஃபிலிம் இன்ஸ்டிட்யூட் இணையத்தில் வைத்திருக்கும் படப் பட்டியலான ஏஎஃப்ஐ கேட்டலாக்கைப் பாருங்கள், டைட்டிலில் வராத பலரையும் அதில் சேர்த்திருக்கிறார்கள்.

எல்லோரும் முதலில் திறப்பது ஐஎம்டிபியைத்தான், நானும் அப்படித்தான். 1990-ல் சினிமா ரசிகர்கள் தொகுத்த பட்டியலாகத் தொடங்கிய தளம் அது, இன்றைக்கும் யார் வேண்டுமானாலும் தகவல் அனுப்பலாம். அதனால் அங்கே கிடைப்பதைத் துப்பாக எடுத்துக்கொண்டு, முடிந்தவரை படத்தையே பார்த்துச் சரிபாருங்கள்.

பெரிய குழி, ஒரே பெயரில் இருவர் இருப்பது. இரண்டு பேரை ஒரே ஆளாக நினைத்து ஒரு வாரம் முழுக்கப் பட்டியல் போட்டிருக்கிறேன், கணக்குப் பார்த்தால் அவர் பத்து வயதில் போலீஸ் அதிகாரியாக நடித்திருக்கிறார்! அமெரிக்க நடிகர் சங்கம் ஒரே பெயரில் இருவரை அனுமதிக்காததால்தான் மைக்கேல் டக்ளஸ் என்ற இயற்பெயர் கொண்டவர் மைக்கேல் கீட்டன் ஆனார். ஆனால் அந்த விதி சங்கத்துக்கு வெளியே செல்லாது. மீசை, விக், வயது எல்லாம் ஏமாற்றும், எனவே சந்தேகம் வந்தால் இரண்டு ஸ்கிரீன்ஷாட்டையும் பக்கத்தில் வைத்துக் காதைப் பாருங்கள். காது மடலின் வளைவை மேக்கப்காரர் பெரும்பாலும் தொடுவதில்லை.

தொலைக்காட்சி இன்னும் கஷ்டம். 1960, 70களில் பிபிசி எத்தனையோ நிகழ்ச்சிகளின் டேப்பை அழித்து மறுபடி பயன்படுத்தியது. எபிசோடே இல்லாதபோது முகத்தை எங்கே பார்ப்பது? அப்போது கைகொடுப்பது பிபிசி ஜீனோம் தளம், 1923 முதல் 2009 வரையிலான ரேடியோ டைம்ஸ் இதழின் நிகழ்ச்சி விவரங்கள், பல இடங்களில் நடிகர் பெயர்களோடு, அதில் இலவசமாகக் கிடைக்கின்றன. ஆனால் ஒன்று, அந்த இதழ் ஒளிபரப்புக்கு முன்பே அச்சாகிவிடும், கடைசி நேரத்தில் ஆள் மாறியிருந்தால் அதில் தெரியாது. பழைய சினிமாப் பத்திரிகைகளுக்கு, அவற்றை ஸ்கேன் செய்து இணையத்தில் வைத்திருக்கும் மீடியா ஹிஸ்டரி டிஜிட்டல் லைப்ரரி இருக்கிறது. ஸ்கேனில் எழுத்துகள் பிசகியிருக்கும், பெயரை இரண்டு மூன்று விதமாக எழுதித் தேடுங்கள்.

எல்லாவற்றையும் ஒரு எக்ஸெல் ஷீட்டில் ஏற்றுங்கள். படம், ஆண்டு, வேடம், நிமிடம், அப்புறம் கட்டாயமாக 'எப்படித் தெரியும்' என்று ஒரு கட்டம். நானே பார்த்தேன், டைட்டிலில் இருந்தது, பத்திரிகையில் வந்தது என்று எழுதிவிடுங்கள், உறுதியில்லாததற்குக் கேள்விக்குறி போதும். நடுவில் நாலைந்து வருடம் காலியாகக் கிடந்தால் தொழிலை விட்டுவிட்டார் என்று எழுதிவிடாதீர்கள், மேடை நாடகத்தில் இருந்திருப்பார், விமர்சனங்களில் தேடுங்கள்.