கருப்பட்டிப் பாகு பூசி ஓவனில் சுடும் பன்றி இறைச்சி

இனிப்புப் பாகு பூசிச் சுட்ட பன்றி இறைச்சிக்கு உப்பிட்டுப் பதப்படுத்திய ஹாம்தான் வேண்டும் என்று எண்ணி, திருவனந்தபுரம் வரை போய் அதிக விலைக்கு வாங்கி வருவோர் எங்கள் கன்னியாகுமரி மாவட்டத்து விளவங்கோடு வட்டாரத்தில் உண்டு. அது தேவையில்லை. மார்த்தாண்டத்திலும் களியக்காவிளையிலும் ஞாயிற்றுக்கிழமை காலையில் கிடைக்கும் பச்சை இறைச்சியிலேயே இதைச் செய்யலாம். கிறிஸ்துமஸ், ஈஸ்டர் விருந்துக்கும் தாராளமாக வைக்கலாம். ஒன்றை மட்டும் தொடக்கத்திலேயே மனத்தில் இருத்திக்கொள்ள வேண்டும்: இறைச்சியை வேகவைப்பது ஒரு வேலை, அதற்குப் பாகு ஏற்றுவது வேறொரு வேலை. இரண்டையும் ஒரே சூட்டில், ஒரே நேரத்தில் முடித்துவிட நினைத்தால் பாகு கருகிக் கசக்கும். உள்ளே நடுப்பகுதியோ வேகாமல் சிவந்தே கிடக்கும்.

இறைச்சியைத் துண்டு போடாமல் முழுதாக வாங்க வேண்டும் என்பதால், கத்தியை எடுப்பதற்கு முன்பே கடைக்காரரிடம் சொல்லிவிடுவது நல்லது. முன்னங்காலுக்கு மேலுள்ள தோள் பகுதியில் எலும்பு நீக்கி ஒன்றரைக் கிலோ கேளுங்கள். தொடைக்கறி பார்வைக்கு அழகாக இருந்தாலும் கொழுப்புக் குறைவு என்பதால் நீண்ட நேரச் சூட்டில் வறண்டுவிடும். தோளிலோ தசைகளுக்கு இடையே கொழுப்பும் சவ்வும் ஓடுவதால், அவை மெல்ல உருகி இறைச்சியை ஈரமாகவே வைத்திருக்கும். நல்ல இறைச்சி இளஞ்சிவப்பாகவும், கொழுப்பு வெண்மையாகவும் அழுத்தமாகவும் இருக்கும். வெட்டிய தசைக்குள் அரிசி போன்ற வெண்மணிகள் தென்பட்டால், அவை நாடாப்புழுவின் கூடுகளாக இருக்கக்கூடும் என்பதால், விலை எவ்வளவு குறைத்தாலும் அந்த இறைச்சியை வாங்கக் கூடாது.

எங்கள் பக்கத்தில் பன்றிக்கறியைத் தோலோடு கொடுப்பதுதான் வழக்கம். குழம்புக்கும் வறுவலுக்கும் அந்தத் தோல் சுவையே. ஆனால் பாகின் ஈரம் பட்ட தோல் மொறுமொறுப்பாக ஆகாமல் பல்லுக்கு மசியாத தோல்வார் போலாகிவிடும். ஆகவே தோலை மட்டும் சீவி எடுத்து வேறொரு சமையலுக்கு வைத்துக்கொண்டு, அதன் அடியிலுள்ள கொழுப்பை ஒரு சென்டிமீட்டர் கனத்துக்கு விட்டுவிடுங்கள். அந்தக் கொழுப்பின்மேல் கூரிய கத்தியால் இரண்டு சென்டிமீட்டர் இடைவெளியில் குறுக்கும் நெடுக்குமாகக் கோடுகள் கீறுங்கள். கத்தி கொழுப்போடு நின்றுவிட வேண்டும். தசைக்குள் இறங்கினால் சாறு அந்த வழியே வடிந்துவிடும். பின்னால் பாகு தங்கப்போவது இந்தக் கீறல்களில்தான்.

முதல் நாள் இரவே உப்பு ஏற்றிவிட வேண்டும். ஒரு கிலோவுக்கு 15 கிராம் என்ற கணக்கில் ஒன்றரைக் கிலோவுக்கு 22 கிராம் தூள் உப்பு, அதாவது தலை தட்டிய நான்கு தேக்கரண்டி, போதும். அதனுடன் கரகரப்பாகப் பொடித்த மிளகு இரண்டு தேக்கரண்டி, அரைத்த பூண்டு பத்துப் பல், விரல் நீள இஞ்சி, இரண்டு மேசைக்கரண்டி வினிகர் ஆகியவற்றைச் சேர்த்து எல்லாப் பக்கமும் தேய்த்து, மூடிக் குளிர்பெட்டியில் வைத்துவிடுங்கள். இந்த மசாலாவில் பச்சை அன்னாசிச் சாற்றைக் கலப்பவர்களும் இருக்கிறார்கள். அன்னாசியிலுள்ள புரோமெலைன் என்ற நொதி புரதத்தை அரித்துவிடும் என்பதால், ஓர் இரவு முழுக்க ஊறிய இறைச்சியின் மேற்பரப்பு குழைந்து மாவாகிவிடும். அன்னாசிக்கு உரிய இடம் பாகுதான். அங்கே அது கொதிக்கும்போது நொதி செயலிழந்துவிடுகிறது, புளிப்பும் மணமும் மட்டும் மிஞ்சுகின்றன.

பாகுக்கு வெள்ளைச் சர்க்கரை ஆகாது என்பதல்ல. அது இனிப்பை மட்டும் தரும், கருப்பட்டியோ புகை மணத்தையும் சிறிது கார்ப்பையும் சேர்த்துத் தரும். பன்றிக் கொழுப்பின் கனத்துக்கு ஈடுகொடுப்பது இரண்டாவதுதான் என்பது என் முடிவு. 150 கிராம் பனங்கருப்பட்டியை உடைத்து 100 மில்லி தண்ணீரில் போட்டுச் சூடாக்கிக் கரைத்து, மெல்லிய துணியில் வடிகட்டுங்கள். எவ்வளவு நல்ல கருப்பட்டியானாலும் அடியில் மண்ணும் தூசியும் தங்கும். வடிகட்டாமல் விட்டால் விருந்தில் பல்லில் நறநறக்கும். வடித்த கரைசலில் 150 மில்லி அன்னாசிச் சாறு, மூன்று மேசைக்கரண்டி வினிகர், ஒரு தேக்கரண்டி கடுகுப்பொடி, அரைத் தேக்கரண்டி சுக்குப்பொடி, நான்கு கிராம்பு, ஒரு சிட்டிகை உப்பு ஆகியவற்றைச் சேர்த்து நடுத்தரத் தீயில் கொதிக்க விடுங்கள். சுக்குக் கருப்பட்டியாக இருந்தால் சுக்குப்பொடியை விட்டுவிடலாம். வினிகர் அதிகமாகத் தோன்றினாலும் குறைக்க வேண்டாம். பதநீர் புளிக்காமல் இருக்கக் கலயத்தில் சுண்ணாம்பு தடவுகிறார்கள்; அதனால் கருப்பட்டியில் காரத்தன்மை சற்று இருக்கும், அதை நேர்செய்யப் புளிப்பு கூடுதலாகத் தேவைப்படுகிறது.

பாகு கொதித்து வற்றும்போது முதலில் பெரிய குமிழிகள் சலசலவென எழுந்து உடனே உடையும். பின்பு அவை சிறுத்து, நெருங்கி, மெதுவாக உடையத் தொடங்கும். அந்த நேரத்தில் கரண்டியின் முதுகில் எடுத்து விரலால் நடுவே ஒரு கோடு இழுத்தால், இரு பக்கமும் ஓடிச் சேராமல் கோடு நிற்க வேண்டும். கம்பிப் பதம் வரை போகக் கூடாது, ஆறியதும் அது இன்னும் இறுகும். அடுப்பை அணைத்து, கிராம்பை எடுத்துவிட்டு, இரண்டு மேசைக்கரண்டி தேன் சேர்த்துக் கலக்குங்கள். மார்த்தாண்டம் தேன், அதிலும் பெரும்பாலும் ரப்பர்த் தோட்டங்களில் எடுப்பது, இதற்குப் பொருத்தமானது. ரப்பர் மரம் தளிர்க்கும் பருவத்தில் இலைக்காம்பில் சுரக்கும் இனிப்பைத் தேனீக்கள் திரட்டுவதால் உண்டாகும் இந்தத் தேன் சீக்கிரம் உறைந்து மணல்போல் ஆகும். அதைக் கலப்படம் என்று ஒதுக்க வேண்டாம், வெந்நீரில் போத்தலை நிறுத்தினால் இளகிவிடும். தேனைக் கடைசியில் சேர்ப்பதற்குக் காரணம், அதிலுள்ள பழச்சர்க்கரை கருப்பட்டியைவிட விரைவாகக் கருகும் என்பதே.

இனி ஓவன். வீடுகளிலுள்ள ஓ.டி.ஜி. (மேசைமேல் வைக்கும் சிறு மின் ஓவன்) வகைக்கு 1,500 வாட்டுக்கு மேல் மின்சாரம் தேவைப்படலாம் என்பதால், மிக்சி செருகும் சாதாரண பிளக்கை நம்பாமல் 16 ஆம்பியர் பிளக்கிலேயே செருகுங்கள். இன்வெர்ட்டரை இதற்கு நம்பக் கூடாது. மின்தடை அடிக்கடி வரும் மழைக்காலத்தில், விருந்து மதியம் என்றால் வேலையை விடியற்காலையிலேயே தொடங்கிவிடுவது புத்திசாலித்தனம். இறைச்சியை அரை மணி நேரம் முன்பு வெளியே எடுத்து வையுங்கள். ஓவனை 160 டிகிரி செல்சியஸில் சூடாக்கிக்கொண்டு, தட்டில் தடித்த வெங்காய வட்டங்களைப் பரப்பி, அவற்றின்மேல் கொழுப்புப் பக்கம் மேலே இருக்குமாறு இறைச்சியை வைத்து, ஒரு தம்ளர் தண்ணீர் ஊற்றி, அலுமினியத் தாளால் ஓரம் விடாமல் மூடுங்கள். இரண்டரை மணி நேரம் ஆகும். இறைச்சி வெப்பமானி இருந்தால் நடுப்பகுதியில் 88 டிகிரி காட்ட வேண்டும். 71 டிகிரியைத் தாண்டும்போதே கிருமிக்கும் புழுவுக்கும் அஞ்சத் தேவையில்லாத நிலை வந்துவிடும். ஆனால் தோள்கறியின் சவ்வு இளகுவதற்கு அந்த மேல் சூடு வேண்டும். வெப்பமானி இல்லாதவர்கள் மெல்லிய கம்பியைக் குத்திப் பார்க்கலாம்: தடையில்லாமல் இறங்கி, வெளியே வரும் சாறு சிவப்பின்றித் தெளிவாக இருந்தால் வெந்துவிட்டது.

தாளை நீக்கி, தட்டில் தேங்கிய சாற்றை ஒரு கிண்ணத்தில் வடித்துவிடுங்கள்; அது இருந்தால் நீராவியில் பாகு பிடிக்காமல் வழியும். கொழுப்பின் மேற்பரப்பைச் சுத்தமான துணியால் ஒற்றி ஈரம் எடுத்த பிறகு, பாகைத் தூரிகையால் கீறல்களுக்குள் இறங்குமாறு பூசி, ஓவனை 190 டிகிரிக்கு ஏற்றி, தட்டை நடுத்தட்டில் வையுங்கள். எட்டு நிமிடங்களுக்கு ஒருமுறை வெளியே எடுத்து மீண்டும் பூச வேண்டும். இப்படி மூன்று பூச்சு. ஒரே தடவையில் கனமாகப் பூசினால் பாகு வழிந்து தட்டில் கருகும், இறைச்சியில் எதுவும் நிற்காது. முதல் பூச்சு மங்கலாகத்தான் தெரியும், இரண்டாவதில் கட்டங்களின் விளிம்பு பழுப்பேறும், மூன்றாவதில் மேற்பரப்பு முழுவதும் அரக்கு நிறத்தில் பளபளக்கும். இந்த இருபத்தைந்து நிமிடமும் ஓவனை விட்டு நகரக் கூடாது. மேல்கம்பிக்கு அருகிலுள்ள மூலை முந்திக் கருத்தால், அந்த இடத்தை மட்டும் ஒரு துண்டு தாளால் மறைத்துவிடலாம்.

ஓவன் இல்லாத வீட்டிலும் இதைச் செய்ய முடியும். ஒரு தம்ளர் தண்ணீருடன் ஐந்து லிட்டர் குக்கரில் வைத்து, முதல் விசிலுக்குப் பின் சிறுதீயில் 45 நிமிடம் வேகவிட்டு, தானாக ஆவி அடங்கிய பிறகு எடுத்து ஈரம் துடைத்துக்கொள்ளுங்கள். பின்பு கனத்த உருளியில் வைத்துப் பாகு பூசி, தட்டையான இரும்பு மூடியால் மூடி, மூடியின்மேல் சிரட்டைக் கனலைப் பரப்புங்கள். கீழே தீ மிகக் குறைவாகவும் மேலே கனல் நிறைவாகவும் இருக்க வேண்டும். ஓவனின் சீரான நிறம் இதில் வராது, ஆனால் மணத்தில் இதுவே ஒரு படி மேல்.

சுட்டதும் வெட்டிவிடாமல் இருபது நிமிடம் ஆற விட வேண்டும். பாகு இறுகவும் சாறு உள்ளே படியவும் அந்த நேரம் தேவை. இதற்குள் வடித்து வைத்த சாற்றின்மேல் மிதக்கும் கொழுப்பை நீக்கி, மீந்த பாகில் இரண்டு கரண்டி சேர்த்துக் கொதிக்க வைத்தால் தொட்டுக்கொள்ளக் குழம்பு தயார். தசைநார் ஓடும் திசைக்குக் குறுக்கே, அரை விரல் கனத்தில் துண்டுகளாக நறுக்குங்கள். இதற்கு இணை அவித்த மரச்சீனிக் கிழங்கும் (மரவள்ளி), காந்தாரி மிளகாயும் சிற்றுள்ளியும் (சின்ன வெங்காயம்) நசுக்கிய உறைப்புச் சம்மந்தி என்ற துவையலும்தான். ரொட்டியோடு வைத்தால் இனிப்புக்கு மாற்று இல்லாமல் திகட்டும்.

மிச்சத்தை இரண்டு மணி நேரத்துக்குள் குளிர்பெட்டியில் வைத்தால் மூன்று நாள் வரை பயன்படுத்தலாம். மறுபடி ஓவனில் வைத்தால் பாகு கருகும் என்பதால், சிறு துண்டுகளாக்கி, தேங்காய்க் கொத்தும் கறிவேப்பிலையும் வதக்கிய வாணலியில் போட்டு, மிளகு தூவிச் சிறுதீயில் புரட்டி எடுங்கள். பாகில் ஏற்கெனவே உப்பு இருப்பதால், ருசி பார்த்த பிறகே மேலும் உப்புச் சேர்க்க வேண்டும்.