"சரக்கு"ன்னதும் சிரிச்சா எப்படி? ஒரே வார்த்தையை வச்சு நாம பண்ற தப்புகள்

எங்க அப்பாவுக்கு அருப்புக்கோட்டையில பலசரக்குக் கடை. நான் வேலைக்குன்னு சென்னை வந்து திருவல்லிக்கேணி மேன்ஷன்ல தங்கின முதல் மாசம், ஒருநாள் போனை ஸ்பீக்கர்ல போட்டு பேசிட்டு இருந்தேன், அப்பா சாதாரணமா "இப்ப பேச நேரமில்லப்பா, சரக்கு இறக்கிட்டு இருக்கேன், நைட்டு இன்னொரு லோடு சரக்கு வருது, முடிச்சிட்டு கூப்பிடுறேன்"னு சொல்லி வச்சிட்டாரு. அவ்ளோதான். ரூம்ல இருந்த மூணு பேரும் கட்டில்ல உருண்டு சிரிச்சானுங்க. "மச்சி, நாமல்லாம் குவாட்டருக்கே சில்லறை பொறுக்குறோம், உங்கப்பா லோடு கணக்குல இறக்குறாருடா"ன்னு ஒரு மாசம் வச்சு ஓட்டுனானுங்க.

எனக்கு அவங்க சிரிக்கிறது புரியறதுக்கே ஒரு நிமிஷம் ஆச்சு. சரக்குன்னா மதுங்கற அந்த அர்த்தம் தெரியாதவன் இல்ல நான், காலேஜ்ல நானும் அதே அர்த்தத்துலதான் சொல்லிட்டு திரிஞ்சேன், ஆனா அப்பா வாயில வர்ற சரக்கும் காலேஜ் சரக்கும் என் மண்டையில ரெண்டு தனி வார்த்தையா இருந்துச்சு, ரெண்டும் ஒண்ணோட ஒண்ணு மோதுனதே அன்னிக்குத்தான். அதுக்கப்புறம் இந்த வார்த்தையை எங்க கேட்டாலும் காது தானா நிமிருது. கேட்டுக் கேட்டு, ஜனங்க இதுல எங்கெல்லாம் சறுக்குறாங்கன்னு ஒரு அளவுக்கு புரிஞ்சிருக்கு, அதத்தான் இங்க எழுதுறேன்.

எல்லாரும் பண்ற முதல் தப்பு, நம்ம கேங்ல புழங்குற அர்த்தம்தான் ஊருக்கே அர்த்தம்னு நினைக்கிறது. இருபது வயசுல சரக்குன்னா பாட்டில், வேற எதுவும் கிடையாது. ஆனா வியாபாரி வாயில இது விக்கிறதுக்கு வச்சிருக்கற பண்டம், அவ்ளோதான். பலசரக்குக் கடை, சரக்கு ரயில், சரக்குக் கப்பல் எல்லாம் அந்த வழியில வந்ததுதான். தூத்துக்குடி துறைமுகத்துல இத்தனை டன் சரக்கு கையாண்டாங்கன்னு நியூஸ் வந்தா போதும், நம்மாளுங்க மீம் போட ஆரம்பிச்சிடுவாங்க. ஜிஎஸ்டிக்கு தமிழ்ல "சரக்கு மற்றும் சேவை வரி"ன்னு பேரு வச்சு 2017 ஜூலை 1ஆம் தேதி அது அமலுக்கு வந்தப்பவும் இதே கூத்துதான், "சரக்குக்கு வரியா"ன்னு. இதுல நிஜமான காமெடி என்னன்னா, குடிக்கிற மதுவுக்கு ஜிஎஸ்டியே கிடையாது, அரசியல் சட்டத்துலயே அதை ஒதுக்கி வச்சிட்டாங்க, அதுக்கு மாநில அரசு தனியா வாட் போடுது. சரக்கு வரின்னு பேரு வச்ச வரி அந்தச் சரக்குக்கே பொருந்தாது. மீம் போட்டவங்க யாரும் இதை கவனிச்ச மாதிரி தெரியல.

இதுக்கு நேர் எதிரான தப்பை பண்றது பெரியவங்க. "சரக்குன்னா பண்டம்தான், இந்தக் காலத்துப் பசங்க கெடுத்து வச்சிருக்கானுங்க"ன்னு அகராதியை தூக்கிட்டு வருவாங்க. கெடுக்கலாம் இல்லைங்க. குடிக்கிறதை நேரா வாய்விட்டு சொல்ல கூச்சப்படுற ஊர்ல, "பொருள்"னு மட்டும் அர்த்தம் வர்ற ஒரு மொட்டை வார்த்தை மாதிரி ஒளிஞ்சுக்க வசதியான இடம் வேற கிடையாது. பாத்தீங்கன்னா ஐட்டம், மேட்டர், சாமான், பொருள் எல்லாத்துக்கும் இதே கதைதான் நடந்திருக்கு. எல்லாமே "ஏதோ ஒண்ணு"ன்னு மட்டும் சொல்ற வார்த்தைங்க, அதனாலதான் அது அதுக்கு ஒரு ரகசிய அர்த்தம் வந்து ஒட்டிக்கிச்சு. வட சென்னை ரௌடிங்க பேச்சுல பொருள்னா கத்தி, அருவா. தமிழ் வாத்தியாருக்கு அதே பொருள்னா அர்த்தம், இல்லேன்னா திருக்குறள்ல பாதிக்கு மேல இருக்கற பொருட்பால். ரெண்டு பேருமே தப்பா பேசல, அவங்கவங்க கூட்டத்துல சரியாத்தான் பேசுறாங்க.

ஆனா ரெண்டு அர்த்தமும் அச்சு அசலா ஒண்ணா சேர்ற இடம் ஒண்ணு இருக்கு, டாஸ்மாக் கடை. அங்க உள்ள இருக்கறவரு "இன்னும் சரக்கு வரல"ன்னா அது ஸ்டாக்கா போதையா? ரெண்டும்தான். வெளிய நிக்கிறவனுக்கும் உள்ள நிக்கிறவனுக்கும் சண்டையே வராது.

அடுத்தது கொஞ்சம் மனசு கஷ்டப்படுத்துற தப்பு. என் ஃபிரண்டு ஒருத்தன் ஓட்டல் வாசல்ல தொங்குன போர்டை போட்டோ எடுத்து ஸ்டேட்டஸ் வச்சான், "சரக்கு மாஸ்டர், பரோட்டா மாஸ்டர், டீ மாஸ்டர் தேவை"ன்னு இருந்துச்சு. அதுக்கு மேல இவன் "நான் ரெடி, எட்டு வருஷ அனுபவம் இருக்கு"ன்னு எழுதியிருந்தான். நாப்பது பேரு சிரிச்சிருப்பாங்க. ஓட்டல்காரங்களுக்கு சரக்கு மாஸ்டர்னா யாருன்னு தெரியுமா, சமையல்கட்டுக்கே தலை அவருதான். விடிகாலை நாம பொரண்டு படுக்கிற நேரத்துல அவரு எழுந்து அடுப்ப பத்த வச்சு சாம்பார், சட்னி, குருமா, மத்தியானத்துக்கு கூட்டு, பொரியல், இது போக இனிப்பு காரம்னு மொத்தத்தையும் போட்டு இறக்கணும், தோசை மாஸ்டர் ஒருநாள் வரலேன்னா இட்லிய வச்சு ஓட்டிரலாம், சரக்கு மாஸ்டர் வரலேன்னா அன்னிக்கு ஷட்டரை இறக்க வேண்டியதுதான். அவங்க பேச்சுல சரக்குன்னா அடுப்புல தயாராகுற ஐட்டம் மொத்தமும். அந்த ஸ்டேட்டஸை நானும் பாத்து சிரிச்சவன்தான், அப்புறம் யோசிச்சா, முப்பது வருஷம் நெருப்பு முன்னாடி நின்னு சம்பாதிச்ச ஒரு பதவிய நாம குடிகார ஜோக்கா ஆக்கிட்டோம்.

அர்த்தம் எப்படி கண்டுபிடிக்கிறதுன்னு கேட்டா, பெயர்ச்சொல்லையே முறைச்சு பாத்துட்டு இருக்காதீங்க, பக்கத்துல நிக்கிற வினையை பாருங்க. "சரக்கு அடிச்சான்" சந்தேகமே இல்ல, எந்தக் கடைக்காரரும் மல்லி மூட்டைய அடிக்க மாட்டாரு. "சரக்கு ஏத்தியாச்சு"ன்னா லாரி ஷெட், அதே "ஏறிடுச்சு"ன்னா ஆள் தள்ளாடுறான்னு அர்த்தம், கொஞ்சம்தான் வித்தியாசம் பாருங்க, ஏத்துனா வேலை ஏறுனா போதை. "சரக்கு எடுக்க"தான் மோசமான கண்ணி. ஜவுளிக்காரரு "அண்ணன் சரக்கு எடுக்க சூரத் போயிருக்காரு"ம்பாரு, தீபாவளிக்கு முன்னாடி ஈரோட்டுலயும் மதுரையிலயும் ரொம்ப சாதாரண வாக்கியம் அது. அதை காலேஜ் பையன் கேட்டா, சரக்கு எடுக்க எதுக்கு அவ்ளோ தூரம் போறாங்க, அதுவும் மதுவிலக்கு இருக்கற குஜராத்துக்கு, பாண்டிச்சேரி பக்கத்துல இல்லையான்னு நினைப்பான்.

வினை மட்டும் இல்ல, முன்னாடி வர்ற அடைமொழியும் ஆளை கவுத்துரும். "பழைய சரக்கு"ங்கறதையே எடுத்துக்கோங்க. பட்டிமன்றம் கேட்டுட்டு வர்றவரு "எல்லாம் பழைய சரக்கு"ன்னா திட்டுறாரு, அரைச்ச மாவையே அரைச்சிருக்காங்கன்னு. பாட்டில் பார்ட்டிங்க அதையே பாராட்டா சொல்வாங்க, பழசுலதான் கிக்குன்னு. சரி, வியாபாரிக்கு எதுன்னு எங்க அப்பாகிட்டயே கேட்டேன், "எந்தச் சரக்கு?"ன்னு திருப்பி கேட்டாரு. ரெண்டு கையிலயும் மிளகா வத்தலை அள்ளி காட்டுனாரு, ஒண்ணு இந்த வருஷம் விருதுநகர்ல எடுத்தது, பளபளன்னு செக்கச்செவேல்னு, காம்பை பிடிச்சு ஆட்டுனா உள்ள விதை கலகலங்குது. இன்னொண்ணு போன வருஷத்துது, நிறம் செத்து வெளுத்துப் போய், மோந்தா நெடியே ஏறல. வத்தல்ல பழைய சரக்குன்னா விலை இறங்கும். அப்படியே ரெண்டு எட்டு நடந்து அரிசி மூட்டை பக்கம் வந்து, "இதுல பழசுக்குத்தான் விலை, புது அரிசி குழைஞ்சிரும்"னாரு. ஒரே கடை, ஒரே மனுஷன், பத்தடி தூரத்துல வார்த்தை மதிப்பு மாறிடுச்சு. நான் இதை கூட்டத்துக்கு கூட்டம் மாறும்னு மட்டும் நினைச்சிட்டு இருந்தேன், மூட்டைக்கு மூட்டையும் மாறுது.

ஆளுங்களை பத்தி பேசும்போது இன்னும் உஷாரா இருக்கணும். "அவருகிட்ட சரக்கு இருக்கு"ன்னா விஷயம் தெரிஞ்சவர்னு அர்த்தம், "செட்டியார் முறுக்கா சரக்கு முறுக்கா"ன்னு பழமொழியே இருக்கு, ஒருத்தர் மிடுக்கா இருக்காருன்னா அது அவரோட மிடுக்கா இல்ல கையில இருக்கற சரக்கோட மிடுக்கான்னு. இதை நம்பி எங்க சொந்தத்துல ஒரு சித்தப்பா, பொண்ணு வீட்டுக்காரங்க போன் பண்ணி விசாரிச்சப்ப மாப்ளைய பத்தி பெருமையா, "பையன் பாக்க அமைதியா இருப்பான், ஆனா சரக்கு உள்ளவன்"னு சொல்லிட்டாரு. அந்தப் பக்கம் ஒரே அமைதி. ரெண்டு நாள் கழிச்சு ஜாதகம் பொருந்தலன்னு தகவல் வந்துச்சு. மொத நாள் பத்துக்கு எட்டு பொருத்தம்னு சொன்னது அதே ஜாதகம்தான். சித்தப்பாவுக்கு இன்னிவரைக்கும் காரணம் தெரியாது, நாங்களும் சொல்லல. "கைச்சரக்கு"ம் இதே மாதிரிதான், கேட்ட கதையில சொந்தமா கொஞ்சம் சேர்த்து விடுறதுன்னு அர்த்தம், வீட்ல காய்ச்சுனது இல்ல.

பொண்ணுங்களை சரக்குன்னு சொல்ற வழக்கமும் இருக்கு, அதை மத்ததோட சேர்த்து "இதுவும் ஒரு அர்த்தம்"னு நான் வைக்க மாட்டேன். எடைபோட்டு விலைபேசி விக்கிற பொருளுக்கான வார்த்தைய ஒரு ஆள் மேல ஒட்டுறது அது. "ஜாலிக்கு சொன்னேன் மச்சி"ங்கறவன்கிட்ட நீங்க கேட்டுப் பாருங்க, அவன் வீட்டு ஆளை யாராவது அப்படி ஜாலியா சொன்னா விடுவானான்னு.

இன்னொரு தப்பு, கடல் தாண்டுனாலும் நம்ம ஸ்லாங்கே செல்லும்னு நினைக்கிறது. ஆபீஸ்ல யாழ்ப்பாணத்துக்காரர் ஒருத்தர், "அக்காவுக்குப் பிள்ளை பிறந்திருக்கு, அம்மா சரக்கு அரைச்சுக் கறி வைக்கிறா"ன்னாரு. டீம்ல ரெண்டு பேரு கண்ணை உருட்டுனாங்க. அது பத்தியச் சாப்பாடுங்க, மிளகு, சீரகம், மல்லி, மஞ்சள், பூண்டெல்லாம் அரைச்சு மிளகாய் சேர்க்காம பிள்ளை பெத்தவங்களுக்கு வைக்கிறது, சரக்குக் கறின்னே பேரு. இங்கயும் நாட்டு மருந்து கடையில போய் சரக்கு கேட்டா சுக்கும் திப்பிலியும்தான் எடுத்துக் கட்டுவாங்க. சித்த மருத்துவத்துல மருந்துக்கு போடுற ஒவ்வொண்ணும் சரக்குதான், அதை சுத்தம் பண்ற முறைக்கு சரக்கு சுத்தின்னு பேரு, இயற்கையா கிடைச்சா பிறவிச் சரக்கு, மனுஷன் செஞ்சா வைப்புச் சரக்கு, ஒண்ணுக்கொண்ணு ஆகாததை சத்துரு சரக்கு, சேர்றதை மித்துரு சரக்குன்னு பிரிச்சு வச்சிருக்காங்க. கொங்கு பக்கம் போனா அவங்க இதையே செலவும்பாங்க, செலவு ரசம் அங்க இருந்து வந்ததுதான், "செலவு வாங்கிட்டு வா"ன்னா காசு விஷயம் இல்ல.

கடைசியா ஒரு தப்பு, இது நான் பண்ணது. அந்த மேன்ஷன் கிண்டலுக்கு அப்புறம் வெளியாளுங்க முன்னாடி நான் சரக்குங்கற வார்த்தையையே விட்டுட்டு "ஸ்டாக்"னு மாத்திக்கிட்டேன், அப்பாகிட்டயும் "ஸ்டாக்னு சொல்லுங்கப்பா, நல்லா இருக்கும்"னேன். அவரு ஒண்ணும் சொல்லல. போன பொங்கலுக்கு அந்த ரூம் பசங்கள்ல ஒருத்தன், லோடு கணக்குல இறக்குறாருன்னு ஆரம்பிச்சு வச்சவனே, எங்க வீட்டுக்கு வந்திருந்தான், மத்தியானம் நான் குளிச்சிட்டு இருந்தப்ப லாரி வந்துருச்சு. அப்பா அவனை கூப்பிட்டு கையில ரசீதையும் பேனாவையும் கொடுத்து, "தம்பி, மூட்டைய எண்ணிப் பாத்துட்டு கையெழுத்து போடு"ன்னு சொல்லிட்டு உள்ள போயிட்டாரு. நான் தலை துவட்டிட்டு வெளிய வந்து பாத்தா, வெயில்ல வேர்த்து ஊத்த, மல்லித் தூசியில தும்மிக்கிட்டே ஒவ்வொரு மூட்டையா எண்ணிட்டு இருக்கான், உளுந்து பன்னண்டு, மல்லி எட்டு, வத்தல்ல ஒண்ணு குறையுது. டிரைவரை பாத்து ரொம்ப சீரியஸா சொல்றான், "அண்ணே, சரக்கு ஒண்ணு கம்மியா இருக்கு, எழுதிட்டுத்தான் கையெழுத்து போடுவேன்."