மஞ்சளின் பங்காளி, ஜன்னலோரத்தில்

கார்த்திகை பிறந்ததும் கிழக்கு ஜன்னல் தொட்டியில் இரண்டு இலை முழுசாகப் பழுத்துவிட்டது. அன்றே தண்ணீரைக் குறைத்தேன். நான்கு வருஷத்துக்கு முன்னால் இதே சமயம் இதற்கு நேர்மாறாகச் செய்துதான் முதல் செடியைச் சாகடித்தேன்.

செடி குர்குமா அலிஸ்மாட்டிஃபோலியா. நர்சரியில் 'சயாம் டூலிப்' என்று கேட்டால் தருவார்கள். டூலிப்புக்கும் இதற்கும் ஒட்டுமில்லை, உறவுமில்லை. இஞ்சிக் குடும்பம், அதிலும் நம் சமையல் மஞ்சளுக்குப் பங்காளி. தாய்லாந்து, லாவோஸ், கம்போடியா பக்கம் தானாக வளர்வது. தாய்லாந்தின் சையாபூம் மாகாணத்தில் மழைக்காலத்தில், ஜூனிலிருந்து ஆகஸ்ட் வரை, காட்டுப் புல்வெளியெல்லாம் இளஞ்சிவப்பாகக் கிடக்கும். அங்கே இதற்குப் பெயர் பதும்மா. நம் பதுமமேதான், பூவைப் பார்த்தால் ஏன் என்று புரியும். ஆனால் நாம் பூ என்று ரசிக்கும் அந்த இளஞ்சிவப்பு மடல்கள் பூவே இல்லை. கீழே பச்சை மடல்களுக்குள் விரலை வைத்து லேசாக விலக்கிப் பாருங்கள், ஊதா நிறத்தில் பொடிசாக எட்டிப் பார்க்கிறதே, அதுதான் பூ.

மழை வந்தால் முளைக்கும், வறட்சி வந்தால் மண்ணுக்குள் தூங்கும். வளர்ப்பு முறை மொத்தமும் இதற்குள் அடக்கம். எனக்குத்தான் அப்போது தெரியவில்லை. ஆடியில் பூவோடு வாங்கி வந்தேன். கார்த்திகையில் இலை பழுக்கவும் தாகம் என்று நினைத்து தினமும் இரண்டு சொம்பு ஊற்றினேன். தொட்டியைக் கவிழ்த்தபோது கிழங்கு கூழாகி நாற்றம் அடித்தது. ஈரோட்டிலிருந்து வந்திருந்த அம்மா எட்டிப் பார்த்துவிட்டு, "மஞ்சக் காட்டுல தழை காஞ்சா வெட்டுவாங்களா, தண்ணி கட்டுவாங்களா?" என்று கேட்டார். மஞ்சள் காட்டிலேயே வளர்ந்தவளுக்கு இது தேவைதான்.

சரி, முறைக்கு வருவோம். பங்குனி கடைசியில் நடுங்கள். எட்டு அங்குலத் தொட்டி, அடியில் ஓட்டை கட்டாயம். நான் செம்மண், கோகோபீட் (தேங்காய் நார்த்தூள்), மண்புழு உரம் சம அளவு, கூடவே இரண்டு கை பருமணல் கலக்கிறேன். கிழங்கு சின்ன வெங்காயம் அளவுதான் இருக்கும். அதிலிருந்து ஜிமிக்கி மாதிரி குண்டு குண்டாகச் சில வேர்முடிச்சுகள் தொங்கும். அழுக்கு என்று அதைக் கிள்ளிவிடாதீர்கள். முளைக்கும்வரை செடி சாப்பிடுவதே அதிலிருந்துதான். பிரித்து நடுவதானால் ஒவ்வொரு கிழங்கோடும் இரண்டு மூன்றாவது ஒட்டியிருக்கட்டும். இரண்டு அங்குல ஆழத்தில் வைத்து ஒருமுறை நன்றாக நனைத்துவிட்டு, முளை தெரியும்வரை லேசான ஈரம் போதும். ஒரு மாதம்கூட ஆகலாம், தோண்டிப் பார்க்காதீர்கள். (நான் தோண்டினேன். முளை முறிந்தது.)

இலை விரிந்தபின் மேல்மண் காய்ந்ததும் தண்ணீர் விடலாம், அடித்தட்டில் தேங்கவிட வேண்டாம். வெளிச்சம்தான் வீட்டுக்குள் பெரிய சிக்கல். எங்கள் மூன்றாவது மாடியில் கிழக்கு ஜன்னலுக்குக் காலை ஏழிலிருந்து ஒன்பதரை வரை வெயில் வருகிறது; அது போதுமாக இருக்கிறது. ஹாலின் உள்பக்கம் வைத்த வருஷம் இலை ஆள் உயரத்துக்குப் போகப் பார்த்ததே தவிர, பூ இல்லை. ஏசி காற்று நேராகப் படுகிற இடமும் ஆகாது, இலை நுனி கருகும். காற்று வறண்டால் இலைக்கு அடியில் செம்பேன் வரும். ஈரத்துணியால் துடைத்து, வேப்பெண்ணெய்க் கரைசலைச் சாயங்காலம் தெளித்தால் அடங்கும்.

உரம்: 19:19:19 (தழை, மணி, சாம்பல் சத்து மூன்றும் சம அளவில் இருப்பது) லிட்டர் தண்ணீருக்கு 1 கிராம், இரண்டு வாரத்துக்கு ஒருமுறை, புரட்டாசி வரை. கடலைப் புண்ணாக்குக் கரைசல் இன்னும் நல்லது என்பார்கள், ஆனால் வீட்டுக்குள் அந்த வாடையோடு குடித்தனம் நடத்த முடியாது.

மடல்கள் வாடினால் பூந்தண்டை மட்டும் அடியோடு நறுக்குங்கள். இலை பச்சையாக இருக்கும்வரை கிழங்குக்குச் சோறு போடுவது அதுதான்.

அப்புறம் தூக்கம். பகல் சுருங்குவதுதான் அதற்கு அறிகுறி. தாய்லாந்தின் சியாங் மாயில் குளிர்காலத்திலும் பூ எடுப்பதற்காக இரவில் தோட்டத்தில் விளக்குப் போட்டு இதை ஏமாற்றுகிறார்கள். நமக்கு அந்த வேலை வேண்டாம், தூங்கட்டும். இலை பழுக்க ஆரம்பித்ததும் தண்ணீரைக் குறைத்து, முழுக்கக் காய்ந்ததும் அடியோடு நிறுத்துங்கள். தழையை அறுத்துவிட்டுத் தொட்டியை அப்படியே மழைச்சாரல் படாத மூலையில் வைக்கலாம். நான் பரண் மேல் ஏற்றிவிடுகிறேன், 'கிழங்கு இருக்கிறது, கொட்டாதே' என்று சாக்பீஸால் எழுதி. முதல் தடவை எழுதாமல் வைத்ததில், வெறும் மண் என்று நினைத்து வீட்டுக்காரர் அதில் கொத்தமல்லி விதைத்துத் தண்ணீரும் ஊற்றிவிட்டார்.