விளையாட்டுச் செய்தியாளர் ரக்பி வீரர்களின் முகவராக மாறுவது எப்படி?

அணிக்கு 15 பேர் ஆடும் ரக்பி யூனியன் ஆட்டத்தில் வீரர்களுக்கு ஊதியம் கொடுக்கலாம் என்பது 1995 ஆகஸ்டில்தான் அதிகாரபூர்வமாக ஏற்கப்பட்டது. அதற்கு முன்பு ஊதிய ஒப்பந்தம் என்ற ஒன்றே எழுத்தில் இல்லாததால், அதைப் பேசி முடிக்கும் முகவருக்கும் வேலை இருக்கவில்லை. இவ்வளவு இளமையான தொழில் என்பதால் முன்னாள் வீரர்கள், வழக்கறிஞர்கள், செய்தியாளர்கள் எனப் பல தரப்பினரும் இதற்குள் வந்திருக்கிறார்கள். பத்திரிகையாளர் மாடத்தில் பல ஆண்டுகள் அமர்ந்து எழுதிய ஒருவர் இங்கிலாந்திலோ பிரான்சிலோ இத்தொழிலில் இறங்க விரும்பினால் எதை, எந்த வரிசையில் செய்ய வேண்டும் என்பதை எழுதுகிறேன்.

முதலில் பழைய வேலையிலிருந்து முழுவதுமாக விலகிவிடுங்கள். ஒரு வீரரைப் பாராட்டி எழுதிய கையே அவருடைய சம்பளத்துக்குப் பேரம் பேசினால், எழுத்தும் கெடும், பேரமும் கெடும். வெளியிட வேண்டாம் என்ற உறுதியின் பேரில் பயிற்சியாளர்கள் உங்களிடம் சொன்னவை நீங்கள் வேலை மாறிய பிறகும் அந்த உறுதிக்குக் கட்டுப்பட்டவையே. அவற்றை வைத்து ஒரு வீரரை விற்க முயலாதீர்கள். இங்கிலாந்தின் முதல் பிரிவான பிரீமியர்ஷிப்பில் 10 கிளப்புகள், பிரான்சின் முதல் பிரிவில் 14 கிளப்புகள்: நீங்கள் தட்டக்கூடிய பெரிய கதவுகள் இரு நாட்டிலும் சேர்த்து 24 மட்டுமே. அவற்றில் ஒன்று மூடினாலும் உங்கள் வீரருக்குத்தான் இழப்பு.

அடுத்தது உரிமம். உலக ரக்பி அமைப்பு முகவர்களை ஒழுங்குபடுத்தும் பொறுப்பை அந்தந்த நாட்டுச் சங்கங்களிடம் விட்டிருப்பதால், எந்த நாட்டில் தொழில் செய்கிறீர்களோ அந்த நாட்டின் விதியே உங்களுக்கு விதி. பிரான்சில் இது நாட்டின் சட்டத்திலேயே இருக்கிறது: விளையாட்டுத் துறை முழுவதற்கும் பொதுவான சட்டத்தில் ஒரு தேர்வு, ரக்பி சம்மேளனத்தின் விதிகளில் இன்னொரு தேர்வு, ஒப்பந்தத் தொகையில் 10 விழுக்காட்டைத் தாண்டாத கட்டணம். உரிமம் கைக்கு வரும் முன்பு ‘நண்பருக்காகச் சும்மா பேசுகிறேன்’ என்று ஒரு கிளப்பை அழைப்பதுகூடத் தவறு.

செய்தியாளர் தன் பலம் தொலைபேசியில் உள்ள எண்கள்தான் என்று நினைத்துக்கொள்வார். என் கருத்தில் அதைவிட மதிப்புள்ளது, ஓர் அணியை எதிர்காலத் தேதிகளாகப் பார்க்கத் தெரிந்த கண். ஒவ்வொரு கிளப்புக்கும் ஒரு பக்கம் ஒதுக்கி, ஒவ்வோர் இடத்திலும் ஆடுபவர் யார், வயது என்ன, ஒப்பந்தம் எந்த ஆண்டில் முடிகிறது, நவம்பர் மாதப் பன்னாட்டு ஆட்டங்களுக்கும் பிப்ரவரியில் தொடங்கும் ஆறு நாடுகள் போட்டிக்கும் நாட்டு அணி அவரை அழைத்துக்கொள்ளுமா என்று எழுதி வாருங்கள். ஆட்டத்துக்கு அறிவிக்கப்படும் 23 பேரில் ஸ்க்ரமின் (இரு அணியினரும் பிணைந்து நின்று பந்துக்காகத் தள்ளும் அமைப்பின்) முன்வரிசைக்குப் பயிற்சி பெற்றவர்கள் 6 பேராவது இருக்க வேண்டும் என்பது விதி. ஆகவே 33 வயது டைட்ஹெட் பிராப் (அந்த முன்வரிசையின் வலப்பக்க வீரர்) ஒருவரும் நாட்டு அணிக்குப் போய்விடும் இன்னொருவரும் மட்டுமே உள்ள கிளப் பிப்ரவரியில் திண்டாடும். அந்தத் திண்டாட்டத்தை முந்தைய கோடையிலேயே கணித்து, உங்கள் இளம் பிராப்பின் ஆட்டப் பதிவுகளோடு போய் நிற்பவரே நல்ல முகவர்.

வீரர் எந்த நாட்டுக்கு ஆடத் தகுதியுள்ளவர் என்பதையும் தொடக்கத்திலேயே உறுதி செய்துகொள்ளுங்கள். பிறப்பு, பெற்றோர் அல்லது தாத்தா பாட்டியின் பிறப்பிடம், இல்லாவிட்டால் தொடர்ந்து 60 மாதம் அந்த நாட்டு ரக்பியில் மட்டும் பதிவு பெற்றிருப்பது என்பவையே முக்கியமான வழிகள். முதல் சந்திப்பை வீரரின் வீட்டில், தாயும் உடனிருக்க வைத்துக்கொள்வது இதனால்தான். பிரிஸ்டலில் வளர்ந்த பையனின் தாய், தேநீரை ஊற்றிக்கொண்டே, தன் தந்தை வேல்ஸின் லனெல்லியில் பிறந்தவர் என்று சொன்னால், அந்த ஒரே வாக்கியத்தில் வேல்ஸ் அணியின் வாசலும் அவனுக்குத் திறக்கிறது. பிறப்புச் சான்றிதழைக் கேட்டு வாங்கி வையுங்கள். இங்கிலாந்துக்கு ஆட ஆசைப்படும் வீரரிடம், விதிவிலக்கான சூழல் இல்லாமல் வெளிநாட்டுக் கிளப் வீரர்களை அந்நாடு தேர்ந்தெடுப்பதில்லை என்பதை, பிரான்சின் துலூஸ் கிளப்பிலிருந்து பெரிய தொகை வரும் முன்பே விளக்கிவிட வேண்டும்.

ஒப்பந்தத்தில் சம்பள எண்ணைக் கடைசியாகப் படியுங்கள். காயம்பட்டு எத்தனை வாரம் ஆடாமல் இருந்தால் கிளப் விலக்கலாம், அறுவைச் சிகிச்சைக்கு வேறு மருத்துவரின் கருத்தைக் கேட்க உரிமை உண்டா, வீட்டு வாடகை எதுவரை என்பவற்றை முதலில் பாருங்கள். அதைவிட முக்கியம், ஒப்பந்தத்தில் கையெழுத்திடும் நிறுவனம் எது என்பது. இங்கிலாந்தின் முதல் பிரிவில் ஆடிய வூஸ்டர் வாரியர்ஸ் கிளப் வீரர்களின் ஒப்பந்தங்கள் ஒரு துணை நிறுவனத்தின் பெயரில் இருந்தன. 2022 அக்டோபர் 5 அன்று நீதிமன்றம் அந்நிறுவனத்தைக் கலைத்தபோது அவை அனைத்தும் ஒரே நாளில் முடிந்துபோயின. அதே மாதத்தில் வாஸ்ப்ஸ் கிளப்பும் வீழ்ந்தது, மறு ஆண்டு லண்டன் ஐரிஷும் முதல் பிரிவிலிருந்து மறைந்தது. பிள்ளைகளை அந்த ஊர்ப் பள்ளிகளில் சேர்த்திருந்த குடும்பங்களை நினைத்தால் இன்றும் மனம் கனக்கிறது. பிரிட்டனின் நிறுவனப் பதிவகத்தில் எந்த நிறுவனத்தின் கணக்கையும் இலவசமாகப் பார்க்கலாம்: கணக்குத் தாக்கல் தாமதமாகிறதா, சொத்துகள் அடமானத்தில் உள்ளனவா, இயக்குநர்கள் அடுத்தடுத்து விலகுகிறார்களா என்று தோண்டிப் பார்க்கும் பழக்கம் செய்தியாளருக்கு ஏற்கெனவே உண்டு. அதை உங்கள் வீரருக்காகச் செய்யுங்கள்.

சம்பளத்துக்கு வெளியே, கிளப் உரிமையாளரோடு கூட்டுத் தொழில் என்று ஏதேனும் நீட்டப்பட்டால் உடனே நிறுத்துங்கள். ஒரு கிளப் தன் வீரர்களுக்கு மொத்தமாகக் கொடுக்கக்கூடிய சம்பள உச்சவரம்பை மீறியதற்காக 2019-இல் இங்கிலாந்தின் சாரசென்ஸ் கிளப்புக்கு 35 புள்ளிகள் கழிக்கப்பட்டு, 50 லட்சம் பவுண்டுக்கும் மேல் அபராதம் விதிக்கப்பட்டதும், அடுத்த பருவத்தில் அது கீழ்ப்பிரிவுக்கு இறங்கியதும் இத்தகைய ஏற்பாடுகளால்தான்.

வருமானத்தைப் பற்றி மறைக்காமல் சொல்கிறேன். ஆண்டுக்கு 1,00,000 பவுண்டு பெறும் வீரரிடம் 5 விழுக்காடு என்று பேசினால் உங்களுக்கு 5,000 பவுண்டு வரும், அதுவும் தவணையாக. தொடக்கத்தில் உங்களை நம்பி வருபவர்கள் பெரும்பாலும் இரண்டாம் பிரிவில் ஆடும் இளைஞர்கள், அவர்களின் சம்பளம் இதைவிட மிகக் குறைவு. எனவே இரண்டு பருவங்களுக்கான வீட்டுச் செலவைச் சேமித்து வைத்த பின்பே வேலையை விடுங்கள்.

ஒப்பந்தம் முடிந்ததும் உங்கள் வேலை முடிவதில்லை. தலையில் அடிபட்ட வீரர் சனிக்கிழமை ஆட வேண்டும் என்று துடிக்கும்போது, மருத்துவரின் பக்கம் நின்று அவரைத் தடுக்க வேண்டியவர்களில் நீங்களும் ஒருவர்.

பிறகு ஒரு நாள் பழைய அலுவலகத் தோழர் அழைத்து, உங்கள் வீரர் கிளப் மாறுவது உண்மையா என்று கேட்பார். பத்தாண்டு காலம் ஒரே மேசையில் எழுதியவராக இருந்தாலும், “கிளப்பிடம் கேளுங்கள்” என்பதைத் தவிர வேறு எதையும் சொல்லாமல் வைத்துவிடுங்கள். அடுத்த நிமிடமே வீரரை அழைத்து, யார் என்ன கேட்டார், நீங்கள் என்ன சொன்னீர்கள் என்பதை அப்படியே தெரிவியுங்கள்.